தீராத சரக்கும் கணக்குப்பிள்ளையும்

மருந்துக்கடையில் ஐம்பது, அறுபது ரூபாய்க்குக் கர்ப்பப் பரிசோதனைப் பட்டை கிடைக்கிறது. சில சொட்டுச் சிறுநீரை விட்டுவிட்டு, ஒரு கோடா இரண்டு கோடா என்று மூச்சைப் பிடித்துக்கொண்டு பார்க்கிறார்கள். அந்த இரண்டாவது கோட்டை வரவைப்பது ஆன்டிபாடி எனப்படும் எதிர்ப்பொருள். கர்ப்பத்தின்போது சுரக்கும் எச்.சி.ஜி. ஹார்மோனைக் கண்டால் இறுகப் பிடித்துக்கொள்ளும். பக்கத்தில் போகும் மற்ற எதையும் சட்டை செய்யாது. இப்படி ஒரே குணம் கொண்ட எதிர்ப்பொருளை வேண்டிய அளவுக்குத் தயாரிக்கும் வழி 1975இல் இங்கிலாந்தின் கேம்பிரிட்ஜில் பிறந்தது. அதற்குக் காப்புரிமை எடுக்காமல் கோட்டை விட்டது பிரிட்டன். அந்த நாட்டின் பல்கலைக்கழகங்கள் இன்று ஏன் இப்படி நடத்தப்படுகின்றன என்று புரிந்துகொள்ள இந்தக் கதையிலிருந்து தொடங்குவது வசதி.

கண்டுபிடித்தவர்கள் இருவர். அர்ஜென்டினாவில் பிறந்த சேசர் மில்ஸ்டைன், ஜெர்மனியில் பிறந்த இளைஞர் ஜார்ஜ் கோலர். எதிர்ப்பொருளைச் சுரக்கும் செல்கள் உடலுக்கு வெளியே வந்தால் சில நாட்களில் செத்துவிடும். மயலோமா என்ற ஒருவகைப் புற்றுநோய் செல்களோ சாகாமல் பெருகிக்கொண்டே இருக்கும். எலியின் இந்த இரண்டு செல்களையும் ஒன்றோடு ஒன்று இணைத்தார்கள். பிறந்த கலப்பு செல், எதிர்ப்பொருளையும் சுரந்தது, சாகவும் இல்லை. மில்ஸ்டைன் இதை மருந்துக்காகச் செய்யவில்லை. இதுவரை சந்திக்காத கிருமிக்குக்கூட உடல் எப்படி முன்கூட்டியே எதிர்ப்பொருள் வைத்திருக்கிறது என்ற கேள்வி அவரை வருடக்கணக்காகப் படுத்திக்கொண்டிருந்தது. அதற்கு ஒரு கருவி தேவைப்பட்டது, அவ்வளவுதான்.

இதைப் பற்றிய கட்டுரை வெளிவருவதற்கு முன்பே, இதற்கு நடைமுறைப் பயன் இருக்கலாம் என்று தன் ஆய்வகத்தை நடத்திய மருத்துவ ஆராய்ச்சிக் கவுன்சிலுக்கு மில்ஸ்டைன் தெரிவித்தார். அரசின் சார்பில் காப்புரிமை எடுக்க வேண்டிய அமைப்பிடம் செய்தி போனது. பதில் வர ஒரு வருடத்துக்கு மேல் ஆனது. உடனடிப் பயன் எதுவும் தென்படவில்லை என்பதுதான் பதிலின் சாரம். அதற்குள் கட்டுரை வெளியாகி, பிரிட்டிஷ் சட்டப்படி காப்புரிமை கேட்கும் வாய்ப்பே போய்விட்டிருந்தது. கேட்டவர்களுக்கெல்லாம் மில்ஸ்டைன் தன் செல்களை இலவசமாக அனுப்பிக்கொண்டிருந்தார். அப்படிப் போன செல்களை வைத்து வேலை செய்த பிலடெல்பியாவின் விஸ்டார் நிறுவனம், புற்றுநோய்க்கும் வைரஸுக்கும் எதிரான எதிர்ப்பொருள்களுக்கு அமெரிக்காவில் காப்புரிமை வாங்கிவிட்டது. லண்டனில் வயிறெரிந்தார்கள். அப்போது பிரதமரான மார்கரெட் தாட்சர் வேதியியல் படித்தவர். அவரது அரசு இதைத் தேசத்துக்கு நேர்ந்த நஷ்டமாகவே பார்த்தது.

நஷ்டம் என்று சொல்வது சரிதானா? இங்கேதான் அறிவு என்ற சரக்கின் விசித்திரம் வருகிறது.

ஒரு மூட்டை அரிசியை நான் வாங்கிவிட்டால் அது உங்களுக்கு இல்லை. இட்லி மாவுக்கு அரிசியும் உளுந்தும் எந்த விகிதம் என்ற சூட்சுமத்தை நான் உங்களுக்குச் சொன்னால் என்னிடம் எதுவும் குறைவதில்லை. கொடுக்கக் கொடுக்கக் குறையாதது கல்வி என்று நாம் பள்ளியிலேயே கேட்டதுதான். பெருமையாகச் சொல்லும் இந்தக் குணமே வியாபாரிக்குத் தலைவலி. பத்து வருடம் உழைத்து ஒருவர் கண்டுபிடித்ததைப் பக்கத்துக் கடைக்காரர் பத்து நாளில் பார்த்துச் செய்துவிட்டால், முதலாமவர் எதற்குக் காசைக் கொட்ட வேண்டும்? சந்தையிடம் மட்டும் விட்டால் ஆராய்ச்சிக்குத் தேவையான அளவு பணம் வராது என்பதை 1962இல் பொருளியலாளர் கென்னத் ஆரோ விளக்கினார். 1990இல் இன்னொரு பொருளியலாளர் பால் ரோமர் இன்னும் ஒரு படி மேலே போனார். நாடு வளர்வதற்கு நிலமும் இயந்திரமும் போதாது. புதிய யோசனைகளே வளர்ச்சியைத் தள்ளுகின்றன, அந்த யோசனைகளைத் தேடும் வேலையில் எத்தனை பேர் இருக்கிறார்கள் என்பது முக்கியம் என்றார். இதற்காக 2018இல் அவருக்கு நோபல் பரிசு கிடைத்தது.

பணக்கார நாடுகளின் கூட்டமைப்பான ஓ.இ.சி.டி. 1996இல் அறிவுசார் பொருளாதாரம் என்ற தலைப்பிலேயே ஓர் அறிக்கை வெளியிட்டது. நிதி அமைச்சகங்களுக்கு அதுவரை பள்ளியும் கல்லூரியும் செலவுக் கணக்கு. அப்புறம் அவை முதலீட்டுக் கணக்காக மாறின. கேட்பதற்கு நல்ல மாற்றம்தான். ஆனால் முதலீடு என்று சொன்ன மறுநிமிடமே, லாபம் எவ்வளவு என்ற கேள்வி வாசலில் வந்து நிற்கும். அறிவை எடை போடத் தராசு இல்லை. எதை எண்ண முடியுமோ அதை எண்ணத் தொடங்கினார்கள்.

முதல் எண், ஆராய்ச்சிக்குச் செலவாகும் பணம். எதை ஆராய்ச்சிச் செலவு என்று எழுதலாம், எதை எழுதக் கூடாது என்பதற்கு 1963இல் ரோம் நகரத்துக்குப் பக்கத்து ஊரான ஃப்ராஸ்காட்டியில் நிபுணர்கள் கூடி ஒரு கையேடு தயாரித்தார்கள். நாட்டு வருமானத்தில் தென்கொரியா ஏறத்தாழ 5 சதவீதம் செலவிடுகிறது, இந்தியா 0.64 சதவீதம் என்று நாளிதழில் படிக்கிறோமே, அந்த எண்கள் அந்தக் கையேட்டின் வழிவந்தவை. பணத்தை எண்ணுவது ஒப்பீட்டளவில் எளிது. மனிதர்களை எண்ணப்போனபோதுதான் சிக்கல் தொடங்கியது.

இளைஞர்களில் பாதிப்பேர் உயர்கல்விக்குப் போக வேண்டும் என்று 1999இல் பிரிட்டிஷ் பிரதமர் டோனி பிளேர் இலக்கு வைத்தார். ஆள் அதிகமானால் யோசனை அதிகம், யோசனை அதிகமானால் வளர்ச்சி அதிகம். ரோமரின் வாதத்தை அரசியல் மேடைக்குச் சுருக்கினால் இப்படித்தான் வரும். 2017-18இல் இங்கிலாந்து அந்த இலக்கை எட்டியது. இத்தனை பேரின் படிப்புக்கு யார் பணம் கட்டுவது? பட்டம் என்பது படித்தவரின் சொந்த முதலீடு என்றால் செலவும் அவருடையதுதானே என்று வாதம் திரும்பியது. 1998இல் ஆண்டுக் கட்டணம் அதிகபட்சம் 1000 பவுண்டு, 2006இல் 3000, 2012இல் 9000. கட்டணத்துக்கு அரசே கடன் கொடுக்கும். படித்தவரின் வருமானம் ஒரு வரம்பைத் தாண்டிய பிறகு சம்பளத்திலிருந்து பிடித்துக்கொள்ளும். 2012 திட்டத்தில் கடன் வாங்கியவருக்கு, 30 வருடத்தில் தீராத மீதி தள்ளுபடி.

அரசு வட்டிக்கடைக்காரரின் இடத்தில் உட்கார்ந்ததும் பார்வையும் கடைக்காரருடையதாகிவிட்டது. எந்தப் படிப்பு கடனைத் திருப்பித் தரும்? அதைத் தெரிந்துகொள்ள வருமான வரிப் பதிவுகளையும் கல்விப் பதிவுகளையும் இணைத்தார்கள். எந்தக் கல்லூரியில் எந்தப் பாடம் படித்தவர் ஐந்து வருடம் கழித்து எவ்வளவு சம்பாதிக்கிறார் என்று இப்போது அட்டவணையே வெளிவருகிறது. இதில் தகவல் என்ற அளவில் தவறில்லை. பதினேழு வயதுப் பிள்ளைக்கும் பெற்றோருக்கும் அது உதவும். ஆனால் சம்பளம் குறைந்த படிப்பு மதிப்புக் குறைந்த படிப்பு என்று அமைச்சர்கள் பேசத் தொடங்கினால், நர்சிங்கும் சிறுபிள்ளைகளுக்குப் பாடம் சொல்லித்தருவதும் எங்கே போய் நிற்கும்? அங்கே குறைவாக இருப்பது நாம் கொடுக்கும் சம்பளம். படிப்பின் மேல் பழியைப் போடுவது எனக்குக் கொஞ்சம் அநியாயமாகத்தான் படுகிறது.

இந்த மனமாற்றத்துக்கு ஒரு சின்ன அடையாளம் உண்டு. 2009இல் இங்கிலாந்தின் பல்கலைக்கழகங்கள் புதிதாக அமைந்த ஒரு துறையின் கீழ் போயின. அதன் பெயர் வணிகம், புத்தாக்கம், திறன்கள் துறை. பெயர்ப்பலகையில் கல்வியும் இல்லை, பல்கலைக்கழகமும் இல்லை. 2016இல்தான் மறுபடி கல்வித் துறைக்கு வந்தன.

ஆராய்ச்சியின் பக்கம் கணக்குப்பிள்ளை 1986இலேயே வந்துவிட்டார். ஒவ்வொரு பல்கலைக்கழகத் துறையின் ஆய்வையும் சில வருடங்களுக்கு ஒருமுறை மதிப்பிட்டு, மதிப்பெண்ணைப் பொறுத்து அரசு பணம் பிரித்துக் கொடுக்கும் முறை அந்த ஆண்டு தொடங்கியது. எடின்பரோ பல்கலைக்கழகத்தில் பீட்டர் ஹிக்ஸ் என்ற இயற்பியலாளர் இருந்தார். பின்னாளில் அவர் பெயரையே தாங்கிய துகளைப் பற்றி 1964இல் எழுதிவிட்டு, அதன் பிறகு மிகச் சில கட்டுரைகளே வெளியிட்டவர். சமீபத்திய வெளியீடுகளின் பட்டியல் கேட்டு சுற்றறிக்கை வந்தால் ஒன்றுமில்லை என்று எழுதி அனுப்பிவிடுவாராம். இன்றைய நிலையில் தனக்கு வேலையே கிடைத்திருக்காது என்று நோபல் பரிசு பெற்ற 2013இல் அவரே சொன்னார்.

2014இல் மதிப்பீட்டு முறைக்குப் புதுப்பெயர் வைத்து, சமூகத்திலும் பொருளாதாரத்திலும் ஆய்வு ஏற்படுத்திய தாக்கத்துக்கு 20 சதவீத மதிப்பெண் சேர்த்தார்கள். 2021இல் அது 25 ஆனது. 2014இல் மட்டும் ஏறத்தாழ 7000 தாக்க அறிக்கைகள் எழுதப்பட்டன. அந்தச் சுற்றுக்கு மொத்தம் 24.6 கோடி பவுண்டு செலவானதாகப் பின்னர் மதிப்பிட்டார்கள். எழுதுவதற்கென்றே ஆட்களை வேலைக்கு வைத்த பல்கலைக்கழகங்களும் உண்டு. தாக்கத்துக்கு அடித்தளமான ஆய்வு 1993 முதல் நடந்ததாக இருக்க வேண்டும் என்பது அந்தச் சுற்றின் விதி. ஹிக்ஸ் எழுதியது 1964இல், துகள் சிக்கியது 2012இல். அந்த 48 வருடம் படிவத்தின் எந்தக் கட்டத்திலும் அடங்காது.

மில்ஸ்டைனின் கட்டுரை வெளியான அதே 1975இல், இங்கிலாந்து வங்கியில் இருந்த சார்லஸ் குட்ஹார்ட் என்ற பொருளியலாளர் ஒரு விஷயத்தைச் சுட்டிக்காட்டினார். பொருளாதாரத்தில் தென்படும் ஒரு ஒழுங்கைப் பிடித்துக்கொண்டு அதை வைத்தே நாட்டை ஆள முயன்றால், அந்த ஒழுங்கே குலைந்துவிடும் என்று. அவர் பேசியது பணக் கொள்கையைப் பற்றி. இருபது வருடம் கழித்து, கேம்பிரிட்ஜ் மானுடவியலாளர் மேரிலின் ஸ்ட்ராதர்ன் இதைப் பல்கலைக்கழகங்களுக்குப் பொருத்திப் பார்த்தார்: அளவுகோலே இலக்காகிவிட்டால் அது நல்ல அளவுகோலாக இருப்பதில்லை. தேர்வுக்காகவே படிக்கும் மாணவரை அறிந்த எந்த ஆசிரியருக்கும் இதைத் தனியாக விளக்க வேண்டியதில்லை.

நமக்கும் இது அந்நியமல்ல. முனைவர் பட்ட ஆய்வேட்டைச் சமர்ப்பிக்கும் முன் ஒரு கட்டுரையாவது வெளியிட்டிருக்க வேண்டும் என்று பல்கலைக்கழக மானியக் குழு 2009இல் விதி கொண்டுவந்தது. ஆய்வு ஒழுங்காக நடக்கட்டும் என்ற நல்லெண்ணம்தான். பணம் கட்டினால் சில நாட்களில் கட்டுரை அச்சாகிவிடும் போலி ஆய்விதழ்கள் காளான்போல் முளைத்தன. அவற்றை வடிகட்ட 2018இல் ஒரு பட்டியலை அறிவித்தார்கள். 2022இல் அந்த விதியையே எடுத்துவிட்டார்கள். 2025இல் பட்டியலும் கைவிடப்பட்டது. கல்லூரிகளைத் தரவரிசைப்படுத்தும் என்.ஐ.ஆர்.எஃப். முறையோ இன்றும் கட்டுரைகளையும் காப்புரிமைகளையும் மாணவர்கள் வேலைக்குச் சேரும்போது வாங்கும் சம்பளத்தையும் எண்ணிக்கொண்டிருக்கிறது.

அப்படியென்றால் எண்ணுவதும் காப்புரிமை என்ற வேலி போடுவதும் வீண் என்று சொல்லிவிடலாமா? கேம்பிரிட்ஜ் கதையின் பிற்பாதி அப்படிச் சொல்லவிடாது. எலியின் எதிர்ப்பொருளை மனித உடல் அந்நியமாகக் கருதி எதிர்க்கும். அதன் பெரும்பகுதியை மனித வடிவத்துக்கு மாற்றும் முறையை, மில்ஸ்டைன் இருந்த அதே ஆய்வகத்தில் கிரெக் வின்டர் 1980களில் உருவாக்கினார். இந்தத் தடவை காப்புரிமை எடுத்தார்கள். ஆனால் ஒரே நிறுவனத்துக்கு எழுதிக்கொடுக்காமல் பல நிறுவனங்களுக்கும் உரிமம் கொடுத்தார்கள். வின்டர் பங்கேற்றுத் தொடங்கிய நிறுவனத்தின் வேறொரு முறையில் பிறந்த அடாலிமுமாப், 2002இன் கடைசி நாளில் அமெரிக்காவில் அனுமதி பெற்றது. மூட்டுவாத நோயாளிகளுக்குப் பழக்கமான ஹியூமிரா அதுதான். 2022இல் அதன் உலக விற்பனை 2000 கோடி டாலருக்கு மேல். ரோமர் பரிசு பெற்ற அதே 2018இல் வின்டருக்கும் வேதியியல் நோபல் கிடைத்தது. 2013இல் ஆய்வகத்துக்கு 21.2 கோடி பவுண்டு செலவில் புதிய கட்டடம் திறந்தார்கள். அந்தச் செலவில் ஒரு பகுதி எதிர்ப்பொருள் காப்புரிமைப் பணத்திலிருந்தே வந்தது.

இந்த ஆய்வகத்தை 1962 முதல் 1979 வரை நடத்தியவர் மேக்ஸ் பெரூட்ஸ். ஹீமோகுளோபினின் வடிவத்தைக் கண்டுபிடிக்க அவருக்கு 22 வருடம் பிடித்தது. அவரது நிர்வாகத்தில் ஆய்வுக்குழுக்கள் சிறியவை, கருவிகள் எல்லோருக்கும் பொது. பணம் மொத்தமாக ஆய்வகத்துக்கு வந்ததால் ஆளாளுக்கு விண்ணப்பம் எழுதிக்கொண்டிருக்க வேண்டியதில்லை. பெரூட்ஸ் அக்கறையோடு கவனித்த இன்னொரு விஷயம் கேன்டீன். மேல் மாடியில் இருந்த அதை இருபது வருடத்துக்கு மேல் பார்த்துக்கொண்டவர் அவருடைய மனைவி கிசெலா. காலையில் காபி, மதியம் சாப்பாடு, மாலையில் டீ. எந்தக் குழுவைச் சேர்ந்தவரும் எந்த மேசையிலும் உட்காரலாம்.