கறைமிடறு: த்ராட்டில் வால்வுக்குத் தமிழில் என்ன பெயர்?

போன மழைக்காலத்தில் என் கார் ஒரு புதுப் பழக்கம் பழகிக்கொண்டது. சிக்னலில் நான் நிறுத்தினால் எஞ்சினும் நின்றுவிடும். ஏசி ஓடிக்கொண்டிருந்தால் நிச்சயம். நிமிடத்துக்கு 750 சுற்றில் இருக்க வேண்டிய முள் 500க்கு இறங்கும், வண்டி ஒரு உதறு உதறும், அணைந்துவிடும். பின்னால் ஹாரன் சத்தம். எட்டு வருடப் பெட்ரோல் வண்டி. ஒரு சர்வீஸ் சென்டரில் கருவியைச் செருகிப் பார்த்துவிட்டு, "த்ராட்டில் பாடி போயிடுச்சு சார், மாத்திடலாம்" என்று ஐந்து இலக்கத்தில் ஒரு தொகையைச் சொன்னார்கள். மனசு கேட்காமல் எங்கள் தெருமுனை மெக்கானிக்கிடம் ஓட்டிக்கொண்டு போனேன். அவர் ஒரு கிளாம்பைத் தளர்த்தி, ஏர் ஃபில்டரிலிருந்து வரும் கறுப்பு ரப்பர் குழாயைக் கழற்றினார். செல்போன் வெளிச்சத்தை உள்ளே அடித்தார்.

"பாருங்க சார், தொண்டை பூரா கரி."

அவர் யோசித்துச் சொன்ன சொல் இல்லை அது. வாய்க்கு வந்தது. ஆனால் எஞ்சினுக்குள் போகும் காற்றை ஒரு தகட்டால் கூட்டிக் குறைக்கிற பாகத்துக்கு வைத்த த்ராட்டில் என்ற சொல்லை அதைவிடச் சரியாக மொழிபெயர்க்க முடியாது.

ஆங்கிலத்தில் தொண்டைக்கு 'த்ரோட்'. அதிலிருந்து பிறந்தது 'த்ராட்டில்'. வினையாக வந்தால் குரல்வளையை நெரிப்பது. 1400ஐ ஒட்டியே இந்தப் பொருளில் எழுத்தில் வந்துவிட்டது. பெயர்ச்சொல்லாக, 16ஆம் நூற்றாண்டில், தொண்டையையே குறித்தது. கொலை வழக்குச் செய்தியில் வரவேண்டிய சொல் எஞ்சினுக்குள் புகுந்தது நீராவியின் வழியாக. கொதிகலனிலிருந்து சிலிண்டருக்குப் போகும் குழாயின் நடுவே ஒரு தகடு. அதைத் திருப்பினால் நீராவியின் வரத்து கூடும், குறையும். 1788இல் ஜேம்ஸ் வாட் தன் எஞ்சினில் சுழலும் இரட்டைக் குண்டுகளை வைத்து வேகத்தைக் கட்டுப்படுத்தினாரே, அந்தக் குண்டுகள் இழுத்துத் திறந்து மூடியது இந்தத் தகட்டைத்தான். குழாயின் கழுத்தைப் பிடிக்கிற தகடு, எனவே த்ராட்டில் வால்வு. நாளடைவில் வால்வு உதிர்ந்து த்ராட்டில் மட்டும் நின்றது.

ஜெர்மன்காரர்களுக்கும் இதே எண்ணம் தோன்றியிருக்கிறது. அவர்கள் சொல் 'ட்ரோசல்கிளாப்பே'. ட்ரோசல் என்பது பழைய ஜெர்மனில் தொண்டை. இன்றும் 'எர்ட்ரோசல்ன்' என்றால் கழுத்தை நெரித்துக் கொல்வது. பிரெஞ்சுக்காரர்கள் கொஞ்சம் அழகுணர்ச்சியோடு 'பாப்பியோன்' என்கிறார்கள், இத்தாலியர் 'ஃபர்ஃபால்லா', ஸ்பானியர் 'மரிபோசா'. மூன்றும் வண்ணத்துப்பூச்சிதான். நடுவில் தண்டு, இரண்டு பக்கமும் அரைவட்டச் சிறகு. பார்த்தால் அப்படித்தான் இருக்கும். நம் ஒர்க்‌ஷாப்புகளிலும் 'பட்டர்ஃபிளை' என்று சொல்பவர்கள் உண்டு.

இதில் ஒரு வேடிக்கை. கார்புரேட்டர் (பெட்ரோலைக் காற்றோடு கலக்கும் பழைய கருவி) வண்டி ஓட்டியவர்களுக்கு 'சோக்' நினைவிருக்கும். குளிர்ந்த காலையில் டேஷ்போர்டுக்கு அடியில் உள்ள குமிழை இழுத்துவிட்டு ஸ்டார்ட் செய்வோம். அந்தச் சோக்கும் ஒரு தகடு, அதற்கும் ஆங்கிலத்தில் மூச்சுத் திணறடிப்பது என்றுதான் பொருள். ஒரே கார்புரேட்டரில் மேலே ஒரு கழுத்து நெரிப்பு, கீழே ஒரு கழுத்து நெரிப்பு. மேலே இருப்பது எரிபொருளின் பங்கைக் கூட்டக் காற்றை மறிக்கிறது. கீழே இருப்பது சிலிண்டருக்குப் போகும் மொத்தக் கலவையையும் அளக்கிறது. ஆகவே தமிழில் பெயர் வைக்கும்போது 'நெரி' என்ற வேரை மட்டும் நம்பினால் நாளைக்கு இரண்டும் குழம்பும்.

சரி, தமிழுக்கு வருவோம். முதலில் வால்வு. பள்ளி உயிரியல் பாடத்தில் 'மூவிதழ் வால்வு' என்று அப்படியே வைத்துக்கொண்டோம். கலைச்சொல் பட்டியல்களில் ஓரதர், தடுக்கிதழ், கவாடம் என்று பல உண்டு. ஓரதர் நல்ல சொல். அதர் என்றால் வழி, ஓரதர் ஒரே வழி. சைக்கிள் டியூப் வால்வுக்கும் இதய வால்வுக்கும் கச்சிதம். ஆனால் த்ராட்டில் ஒருவழிப் பாதை இல்லை. எந்தப் பக்கமிருந்து ஊதினாலும் திறந்த அளவுக்குக் காற்று போகும். அதற்குப் போய் ஓரதர் என்று பெயர் வைத்தால் தப்பு. லத்தீனில் 'வால்வா' என்றால் இரட்டைக் கதவின் ஒற்றைப் பலகை. அப்படியானால் கவாடம்தான் மூலத்துக்கு நெருக்கம். அதன் எளிய வடிவம் கதவு.

வேலையை மட்டும் வைத்துப் பெயரிடுவதென்றால் என் ஓட்டு மதகுக்கு. ஏரி மதகு முழுக்கத் திறப்பது, முழுக்க மூடுவது என்ற இரண்டு நிலை மட்டும் கொண்டதல்ல. பயிருக்கு வேண்டிய அளவு பலகையைத் தூக்கிவிடுவார்கள். த்ராட்டிலும் அதேதான், தண்ணீருக்குப் பதில் காற்று. 'காற்று மதகு' என்றால் யாருக்கும் விளங்கும். ஒரே குறை, தொண்டை காணாமல் போய்விடும்.

தொண்டைக்குத் தமிழில் இன்னொரு சொல் இருக்கிறது: மிடறு. தொல்காப்பியத்தின் பிறப்பியல், உந்தியிலிருந்து எழும் காற்று தலையிலும் மிடற்றிலும் நெஞ்சிலும் நின்று எழுத்தாகப் பிறப்பதைச் சொல்கிறது. காற்றோடு சேர்ந்தே புழங்கிய சொல். அப்புறம், மிடறுக்கு இரண்டாவது பொருள் ஒன்று உண்டு. "இரண்டு மிடறு தண்ணீர் குடித்தேன்" என்கிறோம். தொண்டையும் மிடறு, தொண்டை ஒருமுறை விழுங்கும் அளவும் மிடறு. த்ராட்டில் செய்வது இதைத்தானே, எஞ்சின் விழுங்கும் காற்றுக்கு அளவு வைப்பது! ஆங்கிலச் சொல்லில்கூட இந்த அளவுப் பொருள் இல்லை. ஆகவே த்ராட்டில் பாடி 'மிடறு', அதனுள் திரும்பும் தகடு 'மிடற்றுக் கதவு'. குளிர்சாதனத்தில் திரவத்தை நுண்துளை வழியே திணித்து அழுத்தம் குறைப்பதையும் த்ராட்டிலிங் என்கிறார்கள், சூடேறிய போன் தன் வேகத்தைத் தானே குறைத்துக்கொள்வதையும் அப்படியே சொல்கிறார்கள்; அங்கெல்லாம் 'நெரிப்பு' போதும். அங்கே கதவு எதுவும் இல்லை.

சிவனுக்கு நீலமிடற்றன் என்று ஒரு பெயர், கறைமிடற்றன் என்று இன்னொரு பெயர். நஞ்சைத் தொண்டையிலேயே நிறுத்தியதால் வந்த கறை. என் காரின் மிடற்றில் மெக்கானிக் காட்டிய கறை வேறு வகை. தகட்டின் விளிம்பைச் சுற்றி, தகடு மூடும்போது சுவரைத் தொடும் இடத்தில், மோதிரம்போல் ஒரு கறுப்பு வளையம். விரலால் தொட்டால் தார் மாதிரிப் பிசுபிசுப்பு.

அந்த வளையம் ஏன் இவ்வளவு தொல்லை கொடுக்கிறது என்பதற்குக் கொஞ்சம் கணக்கு வேண்டும். பெட்ரோல் எஞ்சினில் ஆக்சிலேட்டரை மிதித்தால் நாம் திறப்பது பெட்ரோலை அல்ல, காற்றை. உள்ளே வந்த காற்றை அளந்து, 14.7 பங்குக்கு ஒரு பங்கு என்ற எடைக் கணக்கில் கம்ப்யூட்டர் பெட்ரோலைத் தெளிக்கும். 1.2 லிட்டர் எஞ்சின் 3,000 சுற்றில் முழு மூச்சில் ஓடினால் நிமிடத்துக்குச் சுமார் 1,800 லிட்டர் காற்று கேட்கும். ஐட்லிங்கில், அதாவது வண்டி நின்றபடி எஞ்சின் மட்டும் ஓடும்போது, 150 லிட்டர் போதும். அந்த 150 லிட்டரும் ஏறக்குறைய மூடிய தகட்டின் விளிம்பில் உள்ள நூலிழை இடைவெளியில்தான் நுழைய வேண்டும். அப்போது தகட்டுக்கு வெளியே 100 கிலோபாஸ்கல் அழுத்தம் என்றால் உள்ளே 30, 40தான். உண்மையில் எஞ்சின் நெரிபடுவது கால் எடுத்த நிலையில். மிதித்தால் கழுத்துப் பிடி தளர்கிறது, அவ்வளவுதான். பைக் ஓட்டுபவன் 'முறுக்கு'கிறான், கார் ஓட்டுபவர் 'மிதி'க்கிறார் என்று நம் பேச்சு கைக்கும் காலுக்கும் சொல் வைத்திருக்கிறது. உள்ளே நடப்பது இதற்கு நேர் எதிர்.

நூலிழை இடைவெளியில் நூலிழை கனத்துக்குக் கரி ஏறினால் என்ன ஆகும் என்று சொல்லத் தேவையில்லை.

கரி எங்கிருந்து வருகிறது? காற்றுப் பாதைதானே, வெளித்தூசி என்றுதான் பலரும் நினைக்கிறார்கள். தூசிக்கும் பங்குண்டு, குறிப்பாக மலிவான ஃபில்டர் சரியாக உட்காராமல் ஓரத்தில் வழி விட்டிருந்தால். ஆனால் முக்கியக் குற்றவாளி எஞ்சினேதான். பிஸ்டன் வளையங்களைத் தாண்டிக் கீழே கசியும் புகை, ஆயில் ஆவியோடு கலந்து ஆயில் தொட்டியில் சேரும். அதை வெளியே விட்டால் மாசு என்பதால் ஒரு குழாய் வழியாக மீண்டும் உள்ளிழுப்புப் பாதைக்கே அனுப்புகிறார்கள். புகைபோக்கி வாயுவில் ஒரு பகுதியைத் திருப்பி அனுப்பும் வண்டிகளில் அதுவும் சேர்ந்துகொள்ளும். எஞ்சினை அணைத்த பிறகு சூடான ஆவி மெல்ல மேலேறித் தகட்டில் படிந்து இறுகும். தினமும் பத்து நிமிடம் ஓட்டி அணைக்கிற வண்டிக்கு இது சீக்கிரம் வரும்.

கம்ப்யூட்டர் சும்மா இருப்பதில்லை. காற்று குறைந்தால் தகட்டைக் கடுகளவு கூடுதலாகத் திறந்துவைத்து, அந்த அளவை நினைவில் எழுதிக்கொள்ளும். அதனால் மாதக்கணக்கில் நமக்கு ஒன்றும் தெரியாது. ஒருநாள் பேட்டரியை மாற்றுவோம், நினைவு அழியும், மறுநாளே வண்டி சிக்னலில் நிற்கும். பேட்டரிக்காரர் மேல் பழி விழும். இதற்கு மறுபக்கமும் உண்டு: சுத்தம் செய்த உடனே ஐட்லிங் 1,400, 1,500 என்று எகிறும். கரி இருந்த காலத்து அளவையே கம்ப்யூட்டர் இன்னும் பிடித்துக்கொண்டிருப்பதால் அது. புது அளவைக் கற்றுக்கொடுத்தால் அடங்கிவிடும். என் வண்டிக்கு அன்று இருபது நிமிடம் பிடித்தது.

சுத்தம் செய்கிறேன் பேர்வழி என்று கதவையே உடைப்பவர்களும் உண்டு. இப்போதைய வண்டிகளில் ஆக்சிலேட்டர் மிதி, தகடு இரண்டுக்கும் நடுவே கேபிள் கிடையாது. 1980களின் பிற்பாதியில் பிஎம்டபிள்யூ தன் 7 சீரிஸில் கொண்டுவந்த ஏற்பாடு இன்று சின்ன ஹேட்ச்பேக் வரை வந்துவிட்டது: மிதியில் சென்சார், தகட்டில் ஒரு குட்டி மோட்டார். மோட்டாருக்கும் தகட்டுக்கும் இடையே பல வண்டிகளில் பிளாஸ்டிக் பற்சக்கரம். தகட்டை விரலால் அழுத்திப் பிடித்துக்கொண்டு துடைத்தால் பல் போகும். சில மிடறுகளின் உட்சுவரில் மெல்லிய பூச்சு ஒன்று இருக்கும். கார்புரேட்டர் ஸ்ப்ரே அடித்துப் பிரஷ்ஷால் தேய்த்தால் அதுவும் போகும். எங்கள் மெக்கானிக் ஸ்ப்ரேயைத் துணியில் அடித்துத் துணியால் துடைத்தார்.

கரிக்கு அடுத்தது சென்சார். தகடு எத்தனை பாகை திரும்பியிருக்கிறது என்று சொல்ல ஒன்றுக்கு இரண்டு சென்சார்கள் வைத்திருக்கிறார்கள், மிதியிலும் இரண்டு. இரண்டும் ஒத்துப்போக வேண்டும். ஒத்துப்போகாவிட்டால் பி2135 என்ற பிழைக் குறியீடு ('கோடு') விழும், மோட்டாருக்கு மின்சாரம் நிற்கும். ஸ்பிரிங் தகட்டைச் சற்றே திறந்த நிலையில் கொண்டுபோய் நிறுத்தும். வண்டி நகரும், ஆனால் எவ்வளவு மிதித்தாலும் ஏறாது. பழைய ரகச் சென்சாரில் ஒரு முள் கரித்தடத்தின் மேல் உரசிக்கொண்டே இருக்கும். அதிகம் நிற்கிற இடத்தில் தடம் தேயும். காந்த விசையால் அளக்கும் புது ரகத்துக்கு இந்தத் தேய்மானம் இல்லை. பி2111 என்றால் தகடு திறந்தபடி மாட்டிக்கொண்டது, பி2112 மூடியபடி. கோடு விழுந்த உடனே பொருளையே மாற்றச் சொல்வது எனக்கு உடன்பாடில்லை. கனெக்டருக்குள் ஈரம், பச்சைப் பாசிபோல் பூத்த உலோக முனை, தளர்ந்த கிளிப், இவையும் அதே கோட்டைத்தான் கொடுக்கும். நம்மூரில் எலி கடித்த வயரை இந்தப் பட்டியலில் முதலில் வைத்தாலும் தப்பில்லை.

தகட்டுக்குப் பின்னால் கேஸ்கட்டோ குழாயோ விரிசல் விட்டு, அளக்கப்படாத காற்று திருட்டுத்தனமாக நுழைவது இன்னொன்று. ஐட்லிங் ஏறி ஏறி இறங்கும். மிடற்றின் மேல் பழி போடுவார்கள், கதவு பாவம் சரியாகத்தான் இருக்கும். கேபிள் வண்டிகளில் இழை பிரிந்து உறைக்குள் சிக்குவது பழைய கதை.

திறந்தபடி மாட்டிக்கொள்வது என்றதும் பலருக்கும் 2009, 2010இன் டொயோட்டா விவகாரம் நினைவுக்கு வரும். மிதியில் சிக்கும் தரைவிரிப்பு, மேலெழும்பத் தயங்கும் மிதி ஆகியவற்றுக்காக வண்டிகள் திரும்ப அழைக்கப்பட்டன. மின்னணு த்ராட்டிலே தானாகத் திறக்கிறதா என்று பார்க்க அமெரிக்க அரசு நாசா பொறியாளர்களைக் கூப்பிட்டது. 2011 பிப்ரவரியில் வந்த முடிவு: அப்படி ஆபத்தான வேகத்தை உண்டாக்கும் மின்னணுக் கோளாறு எதையும் காணவில்லை. ஆனால் சில மிதிச் சென்சார்களுக்குள் தகர உலோகத்தில் தானாக முளைத்த மயிரிழைகளைப் பார்த்தார்கள். தகர மீசை!

டீசல் வண்டிக்காரர்கள் இதையெல்லாம் படித்துச் சிரிக்கலாம். டீசலில் சக்தியைக் கூட்டிக் குறைக்கக் காற்றை நெரிப்பதே இல்லை, எரிபொருளைத்தான் அளக்கிறார்கள். புது டீசல்களிலும் ஒரு தகடு இருக்கிறது, புகையைத் திருப்பி இழுக்கவும், அணைக்கும்போது உதறாமல் நிற்கவும். அதிலும் கரி ஏறத்தான் செய்கிறது.

என் வண்டிக்கு வேலை முடிந்ததும் மெக்கானிக்கிடம் மிடறு பற்றிக் கொஞ்சம் சொன்னேன். "அண்ணே, நீங்க தொண்டைன்னு சொன்னீங்களே, அதுக்கு மிடறுன்னு..." அவர் கையைத் துடைத்தபடி கேட்டுக்கொண்டார். "ஒரு மிடறு காபி குடிச்சிட்டுப் போங்க சார்" என்றார். சீட்டில் பேனாவால் எழுதியிருந்தது: தொண்டை கிளீனிங், 450.