பிள்ளைக்கு வளர்ச்சித் தாமதமா, வலிப்பா, கற்றல் குறைபாடா? குமரி மாவட்டத்தில் எந்த வயதில் எங்கே போவது

அங்கன்வாடிக்கோ பள்ளிக்கோ வந்த மருத்துவக் குழு உங்கள் பிள்ளையின் கையில் பரிந்துரைச் சீட்டு ஒன்று கொடுத்திருந்தால், அதைப் புத்தகப் பைக்குள் தங்கவிடாதீர்கள். பிறந்தபோது சுமார் 350 கிராம் இருக்கும் மூளை, 2 வயதுக்குள் பெரியவர்களின் மூளை அளவில் முக்கால் பங்கை எட்டிவிடும். ஒன்றரை வயதில் ஆறு மாதம் தள்ளிப்போவது அந்தப் பிள்ளைக்குப் பெரிய இழப்பு.

சீட்டைத் தருவது ஆர்.பி.எஸ்.கே. எனப்படும் தேசிய சிறார் நலத் திட்டம். 2013-இல் தொடங்கியது, பிறப்பு முதல் 18 வயது வரை, 30 வகைக் குறைபாடுகளைத் தேடிப் பார்க்கிறது. தலை நிற்பது, நடப்பது தாமதமாவது, பேச்சுத் தாமதம், ஆட்டிசம், கற்றல் குறைபாடு, கவனக்குறைவு மிகையியக்கம் (ஏ.டி.எச்.டி.), வலிப்பு எல்லாம் அதில் உண்டு. அங்கன்வாடிப் பிள்ளைகளை ஆண்டுக்கு இரண்டு முறையும், அரசு மற்றும் அரசு உதவி பெறும் பள்ளி மாணவர்களை ஒரு முறையும் பார்க்க வேண்டும். தனியார் மெட்ரிக் பள்ளிகளுக்கு இந்தக் குழு போவதில்லை. நம் மாவட்டத்தில் அப்படிப் படிக்கும் பிள்ளைகள் ஏராளம்; அவர்களுக்குச் சீட்டு வரும் என்று காத்திருக்காமல் பெற்றோரே கிளம்ப வேண்டும்.

போக வேண்டிய இடம் ஆசாரிப்பள்ளம் அரசு மருத்துவக் கல்லூரி மருத்துவமனை. சீட்டு இல்லாவிட்டாலும் குழந்தைகள் நலப் புறநோயாளர் பிரிவில் காட்டி, டி.இ.ஐ.சி. எனப்படும் ஆரம்பநிலை இடையீட்டு மையத்துக்குப் பரிந்துரை கேளுங்கள். குழந்தை மருத்துவர், இயன்முறை மருத்துவர், பேச்சு மற்றும் செவித்திறன் பயிற்சியாளர், உளவியலாளர், சிறப்புப் பயிற்றுநர் ஆகியோர் ஒரே இடத்தில் இருக்கும்படி இந்த மையங்கள் வகுக்கப்பட்டவை. கட்டணம் கிடையாது. பேச்சு வரவில்லை என்றால் முதலில் காது கேட்கும் சோதனையைக் கேட்டு வாங்குங்கள்.

4 மாதத்தில் தலை நிற்கவில்லை, 9 மாதத்தில் பிடிமானமின்றி உட்காரவில்லை, 18 மாதத்தில் நடக்கவில்லை, 2 வயதில் இரண்டு சொல் சேர்த்துப் பேசவில்லை என்றால் காட்டிவிட வேண்டும். பேசிக்கொண்டிருந்த பிள்ளை பேச்சை இழந்தால், எந்த வயதானாலும் அந்த வாரமே காட்டுங்கள். “அவன் அப்பனும் மூணு வயசுலதான் பேசுனான்” என்ற ஆறுதலை நம்பி இங்கே எத்தனையோ பிள்ளைகள் நான்கு வயதில்தான் மையத்துக்கு வருகிறார்கள். விளவங்கோடு பக்கம், வீட்டில் தமிழும் மலையாளமும் கலந்து பேசுவதால்தான் பேச்சு வரவில்லை என்பார்கள். இரண்டு மொழி கேட்டு வளர்வது பேச்சுத் தாமதத்துக்குக் காரணமாகாது.

வலிப்பில் நம் கண்ணுக்குத் தப்பும் வகைகள் இரண்டு. ஆறேழு வயதுப் பிள்ளை எழுதிக்கொண்டிருக்கும்போதே பத்து விநாடி வெறித்துப் பார்த்து நின்றுவிட்டு, ஒன்றும் நடக்காததுபோல் தொடரும். ஒரு நாளில் பல முறை வரும். ஆசிரியர் குறிப்பேட்டில் ‘கவனமில்லை’ என்று எழுதிவிடுவார். மற்றது பதின்பருவத்தில் வருவது: காலையில் எழுந்ததும் கை வெட்டி இழுக்கும், பல் துலக்கும் பிரஷ்ஷோ தேநீர் டம்ளரோ கையிலிருந்து தெறிக்கும். தேர்வுக்குத் தூக்கம் விழித்தால் கூடும். இதைக் கைநடுக்கம் என்று விட்டுவிட்டால் ஒரு நாள் முழு வலிப்பாக வரலாம். வரும்போது கைபேசியில் வீடியோ படம் எடுங்கள். கண் எந்தப் பக்கம் திரும்பியது, எந்தக் கை முதலில் இழுத்தது என்பது தெரிய வேண்டும். மருத்துவருக்கு அந்தப் படம் பெரிய துணை. வலிப்பு 5 நிமிடம் தாண்டினால் 108. மாத்திரையைச் சொந்த முடிவில் நிறுத்தக் கூடாது.

அடுத்தது அடையாள அட்டை. 2016-ஆம் ஆண்டு மாற்றுத்திறனாளிகள் உரிமைச் சட்டம் 21 வகைக் குறைபாடுகளை ஏற்கிறது. ஆட்டிசம், மூளை முடக்குவாதம், அறிவுசார் குறைபாடு, குறிப்பிட்ட கற்றல் குறைபாடு, தசைச்சிதைவு ஆகியவை பெயரோடு உண்டு. வலிப்பும் கவனக்குறைவும் அந்தப் பட்டியலில் பெயரோடு இல்லை. கூடவே பட்டியலில் உள்ள குறைபாடு ஒன்றும் இருந்தால் அதன் பேரில்தான் சான்று கேட்க வேண்டும். இது தெரியாமல் வலிப்புக்கென்று விண்ணப்பித்துத் திரும்பி வருபவர்கள் உண்டு.

யு.டி.ஐ.டி. எனப்படும் மாற்றுத்திறனாளிகளுக்கான இந்த அடையாள அட்டைக்கு ஸ்வாவலம்பன் இணையதளத்தில் விண்ணப்பிக்கலாம். முடியாவிட்டால் நாகர்கோவில் ஆட்சியர் அலுவலக வளாகத்திலுள்ள மாவட்ட மாற்றுத்திறனாளிகள் நல அலுவலகத்தை அணுகுங்கள். புகைப்படம், பிள்ளையின் ஆதார், மருத்துவ அறிக்கைகள் வேண்டும். பிறப்புச் சான்றிலும் ஆதாரிலும் பெயரும் தலைப்பெழுத்தும் ஒன்றாக இருக்கின்றனவா என்று முதலில் பார்த்துக்கொள்ளுங்கள், பாதி அலைச்சல் அதில்தான். திருவனந்தபுரம் ஸ்ரீசித்ரா மருத்துவமனையில் சிகிச்சை பெறுபவர்கள் அங்கத்திய அறிக்கைகளையும் எடுத்துச் செல்லுங்கள். ஆனால் அந்த அறிக்கை மட்டும் காட்டினால் உதவித்தொகை கிடைக்காது, அட்டை வேண்டும்.

அட்டையின் நிறம் குறைபாட்டின் அளவைச் சொல்லும்: வெள்ளை 40 விழுக்காட்டுக்குக் கீழ், மஞ்சள் 40 முதல் 80-க்குள், நீலம் 80-உம் அதற்கு மேலும். பெரும்பாலான சலுகைகளுக்கு 40 தான் எல்லை. அறிவு வளர்ச்சியில் பின்தங்கிய பிள்ளைக்கு 5 வயதுக்குள் ‘ஒட்டுமொத்த வளர்ச்சித் தாமதம்’ என்றுதான் எழுதுவார்கள். 5 வயதில் மறுமதிப்பீடு செய்ய வேண்டும். கற்றல் குறைபாட்டுச் சான்று 8 வயதுக்குப் பிறகுதான். அட்டையில் காலாவதித் தேதி இருந்தால் மூன்று மாதம் முன்பே புதுப்பிக்கக் கிளம்புங்கள். அட்டை காலாவதியானால் உதவியும் தடைப்படும்.

அறிவுசார் குறைபாடு 40 விழுக்காடும் அதற்கு மேலும் உள்ளவர்களுக்குத் தமிழக அரசின் பராமரிப்பு உதவித்தொகை மாதம் ₹2,000. ஆட்டிசம், மூளை முடக்குவாதம், அறிவுசார் குறைபாடு, பல்வகைக் குறைபாடு உள்ளவர்களுக்கு மத்திய அரசு அமைப்பான நேஷனல் டிரஸ்ட்டின் நிராமயா மருத்துவக் காப்பீடு ₹1 லட்சம் வரை. பயிற்சிச் செலவும் அடங்கும், ஆண்டுதோறும் புதுப்பிக்க வேண்டும்.

பள்ளியில், 40 விழுக்காடும் மேலும் உள்ள பிள்ளைக்கு 6 முதல் 18 வயது வரை இலவசக் கல்வி உரிமை. மாவட்டத்தின் 9 ஒன்றியங்களிலும் வட்டார வள மையம் உண்டு. சிறப்புப் பயிற்றுநரையும், பள்ளிக்கு வர முடியாத பிள்ளைக்கு வீட்டுவழிக் கல்வியையும் அங்கே கேளுங்கள். பொதுத் தேர்வில் கூடுதலாக ஒரு மணி நேரம், சொல்வதை எழுதுபவர், மொழிப்பாட விலக்கு எல்லாம் தலைமை ஆசிரியர் வழியாகத்தான். ஒன்பதாம் வகுப்பு முடியும்போதே சான்று கையில் இருந்தால் நல்லது. தேர்வு நெருங்கிய பிறகு ஓடினால் உத்தரவு வந்து சேராது.

18 வயதானதும் சட்டத்தின் கண்ணில் பிள்ளை பெரியவர். வங்கிக் கணக்கிலும் சொத்திலும் பெற்றோர் கையெழுத்து செல்லாமல் போகும். நேஷனல் டிரஸ்ட் சட்டத்தில் வரும் ஆட்டிசம், மூளை முடக்குவாதம், அறிவுசார் குறைபாடு, பல்வகைக் குறைபாடு ஆகிய நான்குக்கும், மாவட்ட ஆட்சியர் தலைமையிலான உள்ளூர்க் குழுவிடம் சட்டப்படியான பாதுகாவலர் நியமனம் கேட்கலாம். 18-ஆவது பிறந்தநாள் முடிந்த மாதமே அந்த விண்ணப்பத்தைக் கொடுத்துவிடுங்கள்.