பதிவழிப்பு: மன்னிப்பும் அன்று, குற்றநீக்கமும் அன்று

ஒரு சிறுவர் மீதான வழக்கின் பதிவை அழிக்கச் சொல்லி அமெரிக்கச் சிறார் நீதிமன்றங்கள் பிறப்பிக்கும் 'எக்ஸ்பன்ஜ்மென்ட்' ஆணையைத் தமிழில் 'குற்ற மன்னிப்பு' என்று எழுதும் வழக்கத்தை இனியும் பொறுத்துக்கொள்ள இயலவில்லை. இல்லினாய் மாநிலத்தில் வாழும் ஓர் இளைஞர் தாம் நிரப்பிய வேலை விண்ணப்பத்தை அண்மையில் என்னிடம் காட்டினார். குற்றத் தீர்ப்புப் பெற்றதுண்டா என்ற கேள்விக்கு எதிரே, 'ஆம், பதினைந்து வயதில். மன்னிக்கப்பட்டது' என்று எழுதியிருந்தார். அவருடைய குடும்பத்துக்குக் கிடைத்த தமிழ் விளக்கத்தாளில் அந்தச் சொல்தான் இருந்தது.

'எக்ஸ்பன்ஜ்மென்ட்' என்பதன் இலத்தீன் மூலச்சொல்லுக்குப் புள்ளி குத்தி விலக்குதல் என்று பொருள். ஏட்டைப் படியெடுப்போர் நீக்க வேண்டிய எழுத்தின் அடியில் புள்ளியிடுவர். எழுத்தின் தலையில் புள்ளி வைத்து அகரத்தை நீக்கும் நமக்கு இது எளிதில் விளங்கும்.

மன்னிப்பு என்றால், ஒரு குற்றம் நடந்தது என்பது முதலில் நிலைபெற வேண்டும். மன்னிக்க ஒருவரும் வேண்டும். ஆளுநர் ஒரு கைதியை மன்னித்தால், பழைய தீர்ப்பு பெரும்பாலும் ஏட்டில் அப்படியே இருக்க, மன்னிப்பு என்ற குறிப்பு அதனோடு சேரும். பதிவழிப்போ அந்த ஏட்டையே இல்லாமல் செய்வது. இல்லினாய்ச் சட்டம், ஆணை பிறந்தபின் அந்தச் செயல் நடக்கவே இல்லை என்று கொள்ள வேண்டும் என்கிறது. நடக்காததை யார் மன்னிப்பது? இதற்கும் மேலாக, 1899-இல் சிகாகோவில் முதல் சிறார் நீதிமன்றம் தொடங்கியதே சிறுவரைக் குற்றவாளியாக நடத்தக் கூடாது என்பதற்காகத்தான். அங்கு வரும் முடிவு பொதுவாகக் குற்றத் தீர்ப்பாகவே கொள்ளப்படுவதில்லை. சட்டம் சூட்டாத குற்றப் பட்டத்தை மொழிபெயர்ப்பாளர் சூட்டிவிடுகிறார். 'குற்றநீக்கம்' என்பாரும் அதே பிழையைத்தான் செய்கிறார்கள். நீங்குவது குற்றமன்று, பதிவு.

அப்படியானால் 'பதிவு நீக்கம்' போதாதா? சட்டமன்றச் செய்திகளில் இதே ஆங்கிலச் சொல்லை 'அவைக்குறிப்பிலிருந்து நீக்கம்' என்று பல ஆண்டுகளாக எழுதுகிறோம். அங்கு அது பொருத்தமே. ஆனால் தனித்து நிற்கும் 'பதிவு நீக்கம்', ஒரு கட்சியின் அல்லது மருத்துவரின் பதிவைப் பறிப்பதையும் குறிப்பதால், ஒருவருக்குக் கிடைத்த உரிமை தண்டனைபோல் ஒலிக்கிறது. ஆகவே 'பதிவழிப்பு' என்பதே என் துணிபு. தடயத்தை அழிப்பது போன்ற நிழல் அச்சொல்லில் படிகிறது என்பாருக்கு, 'பதிவழிப்பு ஆணை' என்று எழுதினால் அந்த ஐயம் நீங்கும்.

கலிபோர்னியாவில் சிறார் பதிவை முதலில் முத்திரையிட்டு மூடுகிறார்கள்; அழிப்பது பிந்திய கட்டம். மூடியதைச் சில சூழல்களில் நீதிமன்றம் திறக்கலாம், அழித்ததைத் திறக்க இயலாது. இவ்விரண்டையும் 'ரத்து' என்ற ஒரே சொல்லுக்குள் அடைக்கும் மொழிபெயர்ப்பாளர்கள், தங்கள் பிள்ளையின் பதிவை இன்னும் யார் பார்க்க முடியும் என்று அறிய வரும் பெற்றோரைக் கைவிடுகிறார்கள். மூடுவதற்குப் 'பதிவுமூடல்', அழிப்பதற்குப் 'பதிவழிப்பு' என்று பிரித்து எழுதுவது மொழிபெயர்ப்பாளர்களுக்கு அப்படியொன்றும் கடினமன்று.