ஈக்வலைசர்: தமிழில் ‘ஒலி நிரவி’

சித்தப்பா போன வருடம் ஒரு பழைய கார் வாங்கினார். வாங்கிய கையோடு ஒரு கடையில் புது ஸ்டீரியோ, கதவுகளுக்கு ஸ்பீக்கர், தாழ்ந்த ஒலிக்கென்று பின்னால் ஒரு வூஃபர் எல்லாம் மாட்டிக்கொண்டு வந்தார். மன்னார்குடியிலிருந்து தஞ்சாவூர் போகும்போது ஒரு நாகஸ்வரக் கச்சேரியைப் போட்டார். தவில் நெஞ்சில் இடித்தது. நாகஸ்வரமோ கண்ணாடிக்கு வெளியே எங்கோ தூரத்தில் வாசிப்பதுபோல் இருந்தது. வண்டியை ஓரம் கட்டி செட்டிங்கைத் திறந்து பார்த்தேன். தாழ்ந்த ஒலி, நடு ஒலி, உயர்ந்த ஒலி என்று தனித்தனியாகக் கூட்டிக் குறைக்க உதவும் ஈக்வலைசரில் இரண்டு கோடிக் குமிழ்களும் உச்சியில் நின்றன, நடுவில் இருந்தவை எல்லாம் அடியில் கிடந்தன. கடையிலேயே அப்படி வைத்துக் கொடுத்திருக்கிறார்கள்.

“ஈக்வலைசர்னா பேஸ் ஏத்துறதுதானடா தம்பி?” என்றார் சித்தப்பா.

நிறையப் பேர் அப்படித்தான் நினைக்கிறார்கள். ஆனால் அந்தச் சொல்லுக்குள் ‘ஏற்று’ என்ற பொருள் எங்கேயும் இல்லை. சொல் எங்கிருந்து வந்தது என்று பார்த்தாலே காரில் அதை எப்படி வைப்பது என்பது பாதி விளங்கிவிடும்.

ஈக்வலைசரின் வேர் லத்தீனில் இருக்கிறது. அங்கே ‘ஏக்வுஸ்’ என்றால் மட்டமான, மேடுபள்ளம் இல்லாத என்று பொருள். அதே குடும்பத்துச் சொல்லான ‘ஏக்வோர்’ சமதளத்தையும், அதனால் விரிந்து கிடக்கும் கடல்பரப்பையும் குறித்தது. தரை மட்டமாக இருப்பதைச் சொன்ன சொல், பிறகு அளவில் சமம், தீர்ப்பில் நடுநிலை என்று வளர்ந்தது. பள்ளியில் படித்த ஈக்வேட்டர், ஈக்வேஷன் எல்லாம் இதன் உறவுகள்தான். கால்பந்தில் பின்தங்கிய அணி அடிக்கும் கோலுக்கும் ஈக்வலைசர் என்றே பெயர். நம் பத்திரிகைகள் அதை ‘ஆட்டத்தைச் சமன் செய்தார்’ என்று அழகாக எழுதுகின்றன.

ஒலித்துறைக்கு இந்தச் சொல் தொலைபேசி வழியாக வந்தது. நீளமான செப்புக் கம்பியில் பேச்சு போகும்போது எல்லா அதிர்வெண்களும் (நொடிக்கு எத்தனை அதிர்வு என்பது; அது கூடினால் ஒலி உயரும்) ஒரே அளவில் தேய்வதில்லை. உயர்ந்தவை அதிகம் தேயும். அதனால் எதிர்முனையில் இருப்பவருக்கு, போர்வைக்குள்ளிருந்து யாரோ பேசுவதுபோல் கேட்கும். இதற்கு மருந்தாக மின்சுருள், மின்தேக்கி, மின்தடை மூன்றையும் சேர்த்து ஒரு சுற்றைக் கம்பியோடு இணைத்தார்கள். அது தேய்ந்து வந்ததைத் தொடாது. தேயாமல் வந்த கீழ் அதிர்வெண்களைக் குறைத்து, இரண்டையும் ஒரே மட்டத்துக்குக் கொண்டுவரும். அப்புறம் ஒலியைப் பெருக்கும் ஆம்ப்ளிஃபையர் மொத்தத்தையும் சேர்த்துத் தூக்கும். அமெரிக்கத் தொலைபேசித் துறையில் வேலை பார்த்த ஆட்டோ ஸோபெல், இப்படிப்பட்ட சுற்றுகளுக்கான கணக்கை 1928-ல் விரிவாக வெளியிட்டார்.

ஆக, பிறந்தபோது இந்தக் கருவியின் வேலை ஒன்றே ஒன்றுதான்: வழியில் கெட்டுப்போனதைச் சரிக்கட்டி, புறப்பட்டபடியே கொண்டுபோய்ச் சேர்ப்பது.

இசைத்தட்டிலும் இதே கதைதான். தாழ்ந்த ஒலிகளை முழு அளவில் பதித்தால் தட்டின் பள்ளம் மிகவும் அகலமாக ஆடும், இடம் போதாது. அதனால் பதியும்போது தாழ்ந்ததைக் குறைத்து, உயர்ந்ததைக் கூட்டிப் பதித்தார்கள். திரும்பக் கேட்கும்போது அதற்கு நேர் எதிராகத் திருப்பினார்கள். ஆளுக்கு ஒரு கணக்கு வைத்திருந்த நிறுவனங்கள் எல்லாம் 1954-லிருந்து ஒரே வளைகோட்டுக்கு வரத் தொடங்கின. அந்த வளைகோடு இரண்டு கோடிகளிலும் சுமார் 20 டெசிபல் (ஒலி எவ்வளவு கூடுகிறது, குறைகிறது என்பதற்கான அலகு) அளவுக்கு வளைகிறது. அத்தனை வளைத்த பிறகும் காதுக்கு வருவது சமமான ஒலி. ஈக்வலைசர் என்ற பெயர் பொருந்துவதற்கு இதைவிட நல்ல உதாரணம் எனக்குத் தெரியவில்லை.

கார் ஸ்டீரியோவில் நாம் பார்ப்பது பெரும்பாலும் கிராஃபிக் ஈக்வலைசர். தள்ளுகுமிழ்கள் நிற்கும் நிலையே ஒரு வரைபடம் போல் தெரிவதால் அந்தப் பெயர். பட்டைகள், அதாவது ஒவ்வொரு குமிழும் ஆளும் அதிர்வெண் பகுதிகள், பத்து இருந்தால் வழக்கமாக 31, 63, 125, 250, 500 என்று ஒவ்வொன்றும் இரட்டித்து 16,000 ஹெர்ட்ஸ் (நொடிக்கு அத்தனை அதிர்வு) வரை போகும். எந்த அதிர்வெண், எவ்வளவு அகலம், எவ்வளவு ஏற்றம் என்று மூன்றையும் நாமே தீர்மானிக்கும் வகை பாராமெட்ரிக். ஒலிப்பொறியாளர் ஜார்ஜ் மாசென்பர்க் 1972-ல் எழுதிய கட்டுரையில் அந்தப் பெயரோடு அதை விளக்கினார்.

சரி, தமிழில் என்ன சொல்வது? சமப்படுத்தி, சமனாக்கி, சமன்செய்வி, சமநிலைப்படுத்தி என்று பலவாறு எழுதுகிறார்கள். ‘சமன்’ நமக்குப் பழைய சொல். “சமன்செய்து சீர்தூக்குங் கோல்போல்” என்று 118-ஆம் குறளிலேயே இருக்கிறது. முன்னே தான் சமனாக நின்று, பின்பே தன்மேல் வைத்த பாரத்தை அளந்து காட்டும் துலாக்கோல் என்று பரிமேலழகர் அதற்கு உரை சொல்கிறார். முதலில் கருவி சமனாக நிற்க வேண்டும், எடை போடுவது அதற்கப்புறம். இந்த வரிசையைக் காரில் மறக்கவே கூடாது. கீழே இதற்குத் திரும்பி வருகிறேன்.

இருந்தாலும் இந்தச் சொற்களில் எனக்கு மூன்று இடங்களில் தடுக்குகிறது. முதலாவது, அதே செட்டிங்கில் பேலன்ஸ் என்று இன்னொன்று இருக்கிறது. இடது ஸ்பீக்கருக்கு எவ்வளவு, வலதுக்கு எவ்வளவு என்பது அதன் வேலை. சமநிலை என்ற சொல் அதற்குத்தான் சொந்தம். ஈக்வலைசரையும் சமநிலைப்படுத்தி என்றால் இரண்டும் குழம்பும். இரண்டாவது, பழந்தமிழ் இசையில் மெலிவு, சமன், வலிவு என்று மூன்று தானங்கள் உண்டு. இன்று மந்தரம், மத்தியம், தாரம் என்கிறோமே, அவைதான். இசை பேசும் இடத்தில் சமன் என்றால் நடுத்தானம் என்று ஏற்கெனவே ஒரு பொருள் உட்கார்ந்திருக்கிறது. மூன்றாவதுதான் எனக்கு முக்கியம். ‘சமப்படுத்து’ என்று கேட்டதும், குமிழ்கள் எல்லாம் ஒரே கோட்டில் நிற்க வேண்டும் போல என்று மனசு எடுத்துக்கொள்கிறது. சமமாக வேண்டியது காதுக்கு வரும் ஒலி. அதற்காகக் குமிழ்கள் ஏறி இறங்கித்தான் நிற்கும்.

இங்கேதான் ‘நிரவு’ என்ற வினைச்சொல் கைகொடுக்கிறது. நாற்று நடுவதற்கு முன் வயலைப் பரம்படித்து நிரவுவார்கள். மேட்டு மண்ணை வழித்துப் பள்ளத்தில் தள்ளுவார்கள். தண்ணீர் வயல் முழுக்க ஒரே மட்டத்தில் நிற்க வேண்டும் என்பதற்காகத்தான் அத்தனை பாடும். லத்தீன் வேர் சொன்ன அதே ‘மட்டமான தரை’ இங்கே நம் சேற்றுக்குள்ளேயே கிடக்கிறது. அலுவலகத் தமிழிலும் இது உயிரோடு இருக்கிறது. ஆசிரியர் கூடுதலாக உள்ள பள்ளியிலிருந்து குறைவாக உள்ள பள்ளிக்கு மாற்றுவதை அரசே ‘பணிநிரவல்’ என்று எழுதுகிறது. மிகுந்ததைக் குறைத்து, குறைந்ததை நிறைத்து, மட்டத்துக்குக் கொண்டுவருவது என்று பொருள் முழுசாகவே வந்துவிடுகிறது.

அதனால் கருவிக்கு ஒலி நிரவி, செயலுக்கு ஒலி நிரவல் என்று நான் எழுதுகிறேன். கர்நாடக இசையில் ஒரு வரியை எடுத்துக்கொண்டு, ராகத்தில் விரித்துவிரித்துப் பாடுவதற்கும் நிரவல் என்றே பெயர். ஆகவே முன்னால் ‘ஒலி’ கட்டாயம் வேண்டும். உவமையை ரொம்பவும் இழுக்கவும் கூடாது. வயலில் வெட்டிய மண் பள்ளத்துக்குப் போகும். ஒலி நிரவியில் ஒரு பட்டையில் வெட்டியது இன்னொரு பட்டைக்குப் போய்ச் சேராது, வெறுமனே குறையும்.

இனி காருக்குள் மேடுபள்ளம் எங்கே வருகிறது என்று பார்ப்போம். 60 ஹெர்ட்ஸ் ஒலியின் அலைநீளம் சுமார் 5.7 மீட்டர். காரின் உள்ளறை அதில் பாதிகூட இருப்பது அபூர்வம். அலை விரிய இடமில்லாத அந்தச் சின்ன அறையில், ஏறக்குறைய 70 ஹெர்ட்ஸுக்குக் கீழே பேஸ் தானாகவே தூக்கிக்கொள்ளும். அதற்குமேல் 100 முதல் 250 வரை கதவுத் தகடும் பிளாஸ்டிக்கும் கூடச் சேர்ந்து அதிர்ந்து, ஒலியைக் கலங்கலாக்கும். 10,000 ஹெர்ட்ஸ் பக்கம் அலைநீளம் வெறும் 3.4 சென்டிமீட்டர். கதவின் அடியில், முழங்காலுக்குக் கீழே இருக்கும் ஸ்பீக்கரிலிருந்து கிளம்பும் அந்த ஒலி, காலிலும் சீட்டுத் துணியிலும் பட்டு அங்கேயே அடங்கிவிடும். நடுவில் 2,000 முதல் 4,000 வரை உள்ளது கண்ணாடியில் மோதித் திரும்பி வந்து காதில் குத்தும், அதுவும் நம் காது மிகக் கூர்மையாக இருக்கும் இடத்தில். போதாக்குறைக்கு ஓட்டுபவர் வலப்பக்கக் கதவை ஒட்டி உட்கார்ந்திருக்கிறார். வண்டி ஓடும்போது டயர் இரைச்சலும் இன்ஜின் உறுமலும் கீழ் ஒலிகளைத்தான் மூடுகின்றன. ஆள் எல்லாரும் பேஸை ஏற்றுவதற்கு இதுவும் ஒரு காரணம்.

ஏற்றினால் என்ன ஆகும்? 3 டெசிபல் கூட்டினால் அந்தப் பட்டைக்கு ஆம்ப்ளிஃபையர் இரண்டு மடங்கு சக்தி தர வேண்டும். 6 என்றால் நான்கு மடங்கு, 10 என்றால் பத்து மடங்கு. பெட்டியில் 4×50 வாட் என்று அச்சிட்டிருந்தாலும் சாதாரண கார் ஸ்டீரியோ தொடர்ந்து தருவது ஒரு ஸ்பீக்கருக்கு 20 வாட் பக்கம்தான். கேட்டதைக் கொடுக்க முடியாதபோது அலையின் தலை தட்டையாக வெட்டுப்படும். அந்த வெட்டு புதிதாக உயர்ந்த ஒலிகளை உண்டாக்கும். பாட்டு கரகரக்கும், உயர்ந்த ஒலிகளுக்கான சின்ன ஸ்பீக்கரான ட்வீட்டரின் சுருள் சூடேறிக் கருகவும் செய்யும். பேஸை ஏற்றியவர் ட்வீட்டரை இழப்பது இப்படித்தான்.

அதனால் மேட்டை முதலில் வெட்டுங்கள். பழைய தொலைபேசிச் சுற்று செய்ததும் அதுதான். துலாக்கோல் சொன்னபடி, எல்லாக் குமிழ்களையும் சுழியத்தில் வைத்துத் தொடங்குங்கள். ராக், பாப் என்று ஏற்கெனவே வைத்திருக்கும் அமைப்புகளை விட்டு வெளியே வாருங்கள். பேஸ் பூஸ்ட், லவுட்னஸ் இரண்டையும் அணையுங்கள். (குறைந்த சத்தத்தில் காதுக்குக் கீழ் ஒலிகள் மங்கும் என்று 1933-ல் ஃப்ளெச்சர், மன்சன் என்ற இரண்டு ஆய்வாளர்கள் அளந்து காட்டினார்கள். லவுட்னஸ் அதற்கான ஈடு. மெதுவாக வைத்துக் கேட்கும்போது மட்டும் போட்டால் போதும்.) வண்டியை நிறுத்தி, கண்ணாடிகளை ஏற்றி, நீங்கள் வழக்கமாகக் கேட்கும் அளவில் ஒலியை வையுங்கள். பேலன்ஸைக் கொஞ்சம் இடப்பக்கம் நகர்த்தினால் பாடகர் டேஷ்போர்டின் நடுவுக்கு வந்துவிடுவார்.

கேட்பதற்கு எந்தப் பாட்டு? நன்றாகத் தெரிந்த, நல்ல பதிவு. நான் ஒரு ஆண் குரலும் மிருதங்கமும் உள்ள கச்சேரியைத்தான் எடுப்பேன். 1 கட்டைச் சுருதியில் பாடுபவரின் ஆதார ஷட்ஜம் சுமார் 130 ஹெர்ட்ஸ், மேல் ஷட்ஜம் 260. அதாவது 125, 250 என்ற இரண்டு குமிழ்களும் அவர் குரலின் உடம்பையே பிடித்திருக்கின்றன. நடுவைப் பள்ளமாக்கினால் குரல் ஏன் மெலிந்துபோகிறது என்று இதிலேயே தெரியும். மிருதங்கத்தின் இடந்தலைக் கும்காரம் கீழ்ப்பட்டைகளைக் காட்டிக்கொடுக்கும், வலந்தலைச் சொற்கள் மேல்பட்டைகளை.

மேட்டைக் கண்டுபிடிக்க ஒரு வழி உண்டு. ஒரு குமிழை மட்டும் 5, 6 டெசிபல் ஏற்றிக் கேளுங்கள். எந்தக் குமிழை ஏற்றும்போது மிகவும் அசிங்கமாக ஒலிக்கிறதோ, அங்கேதான் காரின் மேடு பெரும்பாலும் இருக்கும். அதைச் சுழியத்துக்குக் கீழே 2 அல்லது 3 இறக்குங்கள். கலங்கல் என்றால் 125, 250 பக்கம். டப்பாவுக்குள் பாடுவதுபோல் இருந்தால் 500. குத்தினால் 2,000 முதல் 4,000 வரை. ‘ச’, ‘ஸ’ வரும்போதெல்லாம் சீறினால் 8,000. பள்ளங்களை நிறைப்பது கடைசி வேலை. 16,000-ஐ ஒன்றிரண்டு ஏற்றினால் ஜால்ரா மின்னும், அவ்வளவே போதும். கதவு ஸ்பீக்கரால் 31 ஹெர்ட்ஸை வாசிக்கவே முடியாது. வூஃபர் இல்லாத வண்டியில் அந்தக் குமிழை இறக்கிவிட்டால் மற்றதெல்லாம் தெளியும். அப்புறம் ஒருமுறை சாலையில் ஓட்டிக் கேளுங்கள். பேஸ் அமுங்கினால் 63-ஐ மட்டும் ஒரு படி கூட்டலாம்.

சித்தப்பா வண்டியில் அன்று ஓரமாக நின்று இதைத்தான் செய்தோம். 125-ல் மூன்று, 4,000-ல் இரண்டு வெட்டினோம், மற்றதெல்லாம் கிட்டத்தட்ட சுழியத்திலேயே நின்றன. “மேட்டைத்தான் வெட்டணும் சித்தப்பா, பரம்படிக்கிற மாதிரி” என்றேன். மூன்று போகம் பார்த்த மனிதருக்கு அதற்குமேல் விளக்கம் தேவைப்படவில்லை. நாகஸ்வரம் உள்ளே வந்து உட்கார்ந்தது.

போன மாதம் சீட்டுகளுக்கு ரெக்சின் உறை போட்டார். துணி குடித்துக்கொண்டிருந்த ஒலியை ரெக்சின் திருப்பி அடிக்கிறது. குரல் மறுபடி காதில் குத்துவதாகப் போன் செய்தார்.

“4,000-ல இன்னும் கொஞ்சம் நிரவணுமாடா?”

“ஆமா சித்தப்பா, ஒரு படி இறக்கிப் பாருங்க” என்றேன்.