பேக்லாக்: பின்னடைவா, நிலுவையா?

அலுவலகப் பேச்சில் ‘பேக்லாக் வேகன்சி’, செய்திகளிலும் கோரிக்கை மனுக்களிலும் ‘பின்னடைவுப் பணியிடம்’. ஒரு பிரிவினருக்கென ஒதுக்கி அறிவித்து, அந்த ஆண்டில் நிரம்பாமல் அடுத்த ஆண்டுக்குப் போகும் அரசுப் பணியிடத்தைத்தான் இரண்டும் குறிக்கின்றன. மாற்றுத்திறனாளிகளின் வேலைவாய்ப்பு உரிமையில் அதிகம் புழங்குவதும், அதிகம் குழப்புவதும் இந்தச் சொல்தான்.

ஆங்கிலத்தில் ‘பேக்’ என்றால் பின்பக்கம், ‘லாக்’ என்றால் மரக்கட்டை. குளிர்நாட்டு வீடுகளில் கணப்பின் பின்சுவரை ஒட்டிப் போடும் பெரிய கட்டைக்கு 17ஆம் நூற்றாண்டிலேயே இந்தப் பெயர் உண்டு. முன்னால் உள்ள சுள்ளிகள் எரிந்து தீர்ந்த பிறகும் அது கனன்றுகொண்டிருக்கும். அதனால் ‘பிறகு உதவும் இருப்பு’ என்ற பொருள் வந்தது. 20ஆம் நூற்றாண்டு வணிகத்தில் அது ‘முடித்துக் கொடுக்காமல் சேர்ந்துபோன ஆர்டர்கள்’ என்று திரும்பியது. முடிக்காத வேலை எதற்கும் ‘பேக்லாக்’ என்பது அங்கிருந்து வந்த வழக்கு.

இதற்குப் ‘பின்னடைவு’ என்று பெயர் வைத்தவர்கள் ‘பேக்’கை மட்டும் பார்த்தார்கள் போலிருக்கிறது. பின்னடைவு என்பது பின்வாங்குதல், சறுக்கல். வாக்கு எண்ணிக்கையில் வேட்பாளர் ‘பின்னடைவு’ என்போமே, அந்தப் பொருள். பணியிடத்தோடு சேர்த்துச் சொல்லும்போது விண்ணப்பித்தவர்கள் தகுதியில் பின்தங்கிவிட்டார்கள் என்ற தொனி வந்துவிடுகிறது. உண்மையில் நிறைவேறாமல் நிற்பது அரசின் கடமை. அதற்கு நம்மிடம் ‘நிலுவை’ இருக்கிறது. ‘நில்’ என்ற வேரில் பிறந்த சொல். வரி நிலுவை, சம்பள நிலுவை, நிலுவை வழக்கு என்று அன்றாடம் புழங்குவது. கொடுக்க வேண்டியவர் ஒருவர், பெற வேண்டியவர் ஒருவர் உண்டு என்பதையும் சேர்த்தே சொல்வது. ‘நிலுவைப் பணியிடம்’ என்பதே பொருத்தம்.

சட்டமும் இதைக் கடன்போலத்தான் நடத்துகிறது. 2016ஆம் ஆண்டின் மாற்றுத்திறனாளிகள் உரிமைகள் சட்டம், பிரிவு 34, அரசுப் பணிகளில் குறைந்தது 4 சதவீதம் ஒதுக்கச் சொல்கிறது. பார்வைக் குறைபாடு, செவிக் குறைபாடு, இயக்கக் குறைபாடு ஆகிய மூன்றுக்கும் தலா 1 சதவீதம். ஆட்டிசம், அறிவுசார் குறைபாடு, கற்றல் குறைபாடு, மனநோய் ஆகியவை நான்காம் பிரிவு. பல்வகைக் குறைபாடு ஐந்தாம் பிரிவு. இவ்விரண்டுக்கும் சேர்த்து மீதி 1 சதவீதம். ஒதுக்கீடு பெற, குறைபாடு 40 சதவீதத்துக்குக் குறையாமல் இருப்பதாகச் சான்று வேண்டும்.

செவிக் குறைபாட்டுக்கு ஒதுக்கிய ஓர் இடத்துக்கு முதல் ஆண்டில் ஆள் கிடைக்கவில்லை என்று வைத்துக்கொள்வோம். அதைப் பொதுவில் நிரப்பிவிட முடியாது. அடுத்த ஆள்சேர்ப்பு ஆண்டுக்குக் கொண்டுசெல்ல வேண்டும். அந்த ஆண்டிலும் தகுதியானவர் இல்லையென்றால், ஐந்து பிரிவுகளுக்குள் மாற்றிக்கொண்டு வேறொரு மாற்றுத்திறனாளிக்குத் தர வேண்டும். எந்தப் பிரிவிலும் ஆளில்லை என்றால் மட்டுமே மற்றவருக்குப் போகும். முதல் ஆண்டிலேயே பொதுவில் நிரப்புவதும், பிரிவு மாற்றும் படியைத் தாண்டிக் குதிப்பதும் சட்ட மீறல்.

மத்திய அரசுப் பணிகளில் இதற்கென, காலியிடங்களை வரிசையாக எழுதும் 100 புள்ளிகள் (வரிசை எண்கள்) கொண்ட தனிப் பதிவேடு உண்டு. 1, 26, 51, 76 ஆகிய புள்ளிகள் மாற்றுத்திறனாளிகளுக்கு உரியவை. முதல் 25 இடங்களில் ஒன்றுகூட ஏற்றதாக இல்லாவிட்டால், அடுத்த 25இல் இரண்டு இடம் தர வேண்டும். பதிவேட்டை ஒழுங்காக எழுதாத அலுவலகத்தில் நிலுவை கணக்கிலேயே ஏறாது. ‘எங்களிடம் நிலுவை இல்லை’ என்ற பதிலை அப்படியே நம்பிவிடக் கூடாது என்பது இதனால்தான்.

கணக்கு வேறு வழிகளிலும் சுருங்கும். மாற்றுத்திறனாளிகளுக்கு ஏற்றவை என்று அடையாளம் கண்ட பணியிடங்களுக்கு மட்டும் சதவீதம் போடுவது ஒன்று. பணித்தொகுதியின் (கேடர்) மொத்தக் காலியிடங்களுக்கும் கணக்கிட வேண்டும் என்று 2013இல் பார்வையற்றோர் தேசியக் கூட்டமைப்பு வழக்கில் உச்ச நீதிமன்றம் தெளிவாக்கிவிட்டது. இன்னொன்று, தளர்வு எதுவும் பெறாமல் பொதுத் தகுதியில் தேறிய மாற்றுத்திறனாளியை ஒதுக்கீட்டுக் கணக்கில் எழுதி இடம் நிரம்பிவிட்டதாகக் காட்டுவது. மத்திய அரசின் வழிகாட்டுதல் இதையும் தடுக்கிறது. மூன்றாவது, ‘இந்த வேலை உங்களுக்கு ஒத்துவராது’ என்று துறையே முடிவெடுப்பது. ஒதுக்கீட்டிலிருந்து விலக்கு தருவது துறையின் வேலையன்று. மாற்றுத்திறனாளிகள் ஆணையரைக் கலந்து அரசுதான் அறிவிக்கை மூலம் தர முடியும்.

ஏற்ற பணிகளின் பட்டியல் தயாராகாததால் ஒதுக்கீடு தொடங்கவில்லை என்ற வாதமும் ஒருகாலத்தில் இருந்தது. இப்போதைய சட்டத்துக்கு முன்பிருந்த 1995ஆம் ஆண்டு மாற்றுத்திறனாளிகள் சட்டம் நடைமுறைக்கு வந்த 1996 முதலே ஒதுக்கீடு உண்டு என்று, பார்வைக் குறைபாடுள்ள குடிமைப் பணித் தேர்வர் ஒருவரின் வழக்கில் 2010இல் உச்ச நீதிமன்றம் கூறியதோடு அது அடிபட்டது.

‘குறைவுப் பணியிடம்’ என்பதை இதனோடு கலக்க வேண்டாம். அறிவித்தும் நிரம்பாதது நிலுவை. சேர வேண்டிய எண்ணிக்கைக்கும் பணியில் இருப்போருக்கும் உள்ள வித்தியாசம் குறைவு. ஒதுக்காமலே விட்ட இடம் குறைவில் தெரியும், நிலுவையில் தெரியாது.

தகவல் அறியும் உரிமைச் சட்டத்தில் கேட்கும்போது ‘பின்னடைவுப் பணியிடங்கள் எத்தனை?’ என்று மட்டும் எழுதினால் ‘இல்லை’ என்ற ஒற்றைச் சொல் வரக்கூடும். ஆண்டுவாரியாக மொத்தக் காலியிடம், ஒதுக்கியவை, நிரம்பியவை, அடுத்த ஆண்டுக்குக் கொண்டுசென்றவை, பிரிவு மாற்றிய ஆணைகள், விலக்கு அறிவிக்கை, பதிவேட்டின் நகல் என்று தனித்தனியே கேளுங்கள். கோப்புகளில் பழைய பெயரே இருக்கும் என்பதால், மனுவில் ‘நிலுவைப் பணியிடங்கள் (பின்னடைவுப் பணியிடங்கள்)’ என்று இரண்டையும் எழுதுவது நல்லது.