வாய்ஸ் ஓவர் போடுவதற்கு முன்

ஆவணப்படங்களுக்கு ஒலித்தொகுப்பு செய்வது என் தொழில். என்னிடம் வரும் ரஷ்களில் (தொகுக்கப்படாத படப்பதிவுகளில்) பெரும்பாலும் படம் பளிச்சென்று இருக்கும். ஒலியோ கேமரா மைக்கில் ஏனோதானோவென்று பதிந்த இரைச்சல். “அதை மியூட் பண்ணிடுங்க சார், மேலே ஒரு வாய்ஸ் ஓவரும் புல்லாங்குழலும் போட்டுக்கலாம்” என்பார்கள். தறிச் சத்தம், வலை இழுப்பவர்களின் அம்பாப் பாட்டு எல்லாம் அந்த ஒரு கிளிக்கில் போய்விடும். இப்படிக் கேட்பவர்களுக்கு நான் போட்டுக் காட்டுவது இத்தாலிய இயக்குநர் விட்டோரியோ டி சேட்டாவின் பத்து நிமிடப் படம் ஒன்றை. (‘பைசைக்கிள் தீவ்ஸ்’ எடுத்த டி சிகா வேறு ஆள். இந்தக் குழப்பம் எப்போதும் வரும்.)

டி சேட்டா சிசிலித் தீவின் பலெர்மோவில் 1923இல் வசதியான குடும்பத்தில் பிறந்தவர். ரோமில் கட்டடக்கலை படித்தார். 1954 முதல் 1959 வரை சிசிலி, சார்டினியா, கலாப்ரியா பகுதிகளில் மீனவர், கந்தகச் சுரங்கத் தொழிலாளர், ஆடு மேய்ப்பவர், உழவர் பற்றிப் பத்து வண்ணக் குறும்படங்கள் எடுத்தார். அப்போது இத்தாலியத் திரையரங்குகளில் முழுநீளப் படத்தோடு ஓடும் குறும்படங்களுக்கு அரசு உதவி கிடைத்தது. அதை நம்பிக் குவிந்த படங்களில் பெரும்பாலானவை, கனத்த குரலில் ஒருவர் எல்லாவற்றையும் விளக்கித் தள்ளும் ரகம். டி சேட்டா அந்தக் குரலையே தூக்கிவிட்டார். தொடக்கத்தில் எழுத்தாகச் சில வரிகள், அவ்வளவுதான்.

நான் போட்டுக் காட்டுவது, சிசிலியை ஒட்டிய மெசினா நீரிணையில் வாள்மீன் வேட்டையைக் காட்டும் 1954ஆம் ஆண்டுப் படம். அதைக் கண்ணை மூடிக்கொண்டு கேட்டுப் பாருங்கள். பாய்மரத்தின் உச்சியில் நிற்பவர் மீன் போகும் திசையைக் கத்திச் சொல்கிறார், துடுப்புகள் வேகமெடுக்கின்றன, கூச்சல் ஏறிக்கொண்டே போய் ஈட்டி பாய்கிறது. வர்ணனைக்கு அங்கே என்ன வேலை?

படத்தோடு ஒத்திசைந்து ஒலி பிடிக்கும் கையடக்கக் கருவிகள் அன்று கிடையாது. டேப் ரெக்கார்டரில் தனியே பதிந்து, எடிட்டிங்கில் படத்தோடு சேர்த்தார். நாம் கேட்கும் துடுப்புச் சத்தம் அந்த ஷாட்டுக்கு உரியதாக இருக்க வேண்டியதில்லை. இது ஏமாற்று இல்லையா என்று மாணவர்கள் கேட்பதுண்டு. என் கணக்கில் இல்லை. அந்த மக்களின் குரலை அவர்கள் வேலைக்கே தாளமாக்கியிருக்கிறார். ஸ்டுடியோவில் வாங்கிப் போடும் புல்லாங்குழல்தான் எனக்கு ஏமாற்றாகப் படுகிறது.

ஸ்ட்ரோம்போலி எரிமலைத் தீவு பற்றிய படத்துக்கு 1955இல் கான் திரைப்பட விழாவில் பரிசு கிடைத்தது. சார்டினிய மேய்ப்பர்களையே நடிக்க வைத்து எடுத்த முதல் முழுநீளப் படம் 1961இல் வெனிஸில் விருது பெற்றது. 1973இல் இத்தாலிய அரசுத் தொலைக்காட்சியான ராய்க்காக ரோம் புறநகர்ப் பள்ளி ஆசிரியர் ஒருவரைப் பற்றித் தொடர் எடுத்தார். எண்பது வயதுக்கு மேல், 2006இல், செனகலிலிருந்து வந்த இளைஞனைப் பற்றி ஒரு படம். 2011இல் காலமானார். நீண்ட வாழ்க்கைக்குப் படங்கள் குறைவுதான்.

இதற்குள் சிசிலியின் கந்தகச் சுரங்கங்கள் மூடப்பட்டன. சூரை மீனை வலைக்குள் வளைத்துப் பிடிக்கும் மத்தான்சாவும் அங்கே நின்றுபோயிற்று. அதன் பாட்டு அவருடைய 1955ஆம் ஆண்டுப் படத்தில் இருக்கிறது. பொலோன்யா நகரத் திரைப்பட ஆவணக்காப்பகமும் அமெரிக்க இயக்குநர் மார்ட்டின் ஸ்கோர்செஸியின் அறக்கட்டளையும் இந்தக் குறும்படங்களை மீட்டெடுத்ததால் நமக்கும் கேட்கக் கிடைக்கிறது.

அடுத்த முறை படப்பிடிப்புக்குப் போகிறவர்களுக்கு: விலை குறைந்த ரெக்கார்டர் ஒன்றைத் தனியே எடுத்துப் போங்கள், வேலை நடக்கும் இடத்துக்குப் பக்கத்தில் வையுங்கள். காற்றுக்கு மைக்கின் மேல் உறை அவசியம். கேமராவை நிறுத்திய பிறகு, குழு வாயைத் திறக்காமல் இரண்டு நிமிடம் அந்த இடத்தின் ஒலியைப் பதியுங்கள். பாடுகிறவரிடம் அனுமதி கேளுங்கள். பாட்டை நடுவில் வெட்டாமல் முழுதாகப் பிடியுங்கள், ஷாட் முடிந்துவிட்டாலும். ஒலிக்கோப்பில் ஊர், தேதி, என்ன வேலையின் சத்தம் என்று அன்றிரவே எழுதிவிடுங்கள். படம் வெளியானதும் ஹார்ட் டிஸ்க்கில் இடம் போதவில்லை என்று முதலில் அழிக்கப்படுவது இந்தக் கோப்புகள்தான். வீடியோவோடு ஒப்பிட்டால் அவை அடைக்கும் இடம் மிகக் கொஞ்சம்.