பெட்டியில் 50 வாட், வண்டியில் 14 வோல்ட்: கார் ஸ்டீரியோவை நாமே மாற்றும்போது உள்ளே நடப்பது என்ன?

கார் ஸ்டீரியோ வாங்கப் போனால் பெட்டி மேல் பெரிய எழுத்தில் '50 வாட் × 4' என்று போட்டிருக்கும். சென்னை பர்மா பஜாரில் வாங்கினாலும் சரி, ஆன்லைனில் வாங்கினாலும் சரி, பெரும்பாலான பெட்டிகளில் இதே எண்தான். மலிவு விலை செட்டிலும் அதே 50, நாலு மடங்கு விலை உள்ள செட்டிலும் அதே 50. இது எங்கிருந்து வந்தது என்று புரிந்துவிட்டால் வண்டியோடு வந்த கம்பெனி செட்டைக் கழற்றிவிட்டு வேறு செட் மாட்டும் வேலையில் பாதி புரிந்த மாதிரி. எந்த ஒயர் எதற்கு, எதை எதோடு சேர்க்கவே கூடாது, எவ்வளவு செலவழித்தால் போதும், எல்லாம் அதிலிருந்தே வந்துவிடும்.

இன்ஜின் ஓடும்போது அது சுழற்றும் ஆல்டர்னேட்டர் என்ற மின்னாக்கி வண்டிக்குக் கொடுப்பது ஏறக்குறைய 14.4 வோல்ட். கார் ஸ்பீக்கரின் மின்தடை பொதுவாக 4 ஓம். வோல்ட்டை வோல்ட்டாலேயே பெருக்கி ஓமால் வகுத்தால் வாட். 14.4-ஐ 14.4-ஆல் பெருக்கினால் 207, அதை 4-ஆல் வகுத்தால் கிட்டத்தட்ட 52 வாட். அவ்வளவுதான், பெட்டி மேல் இருக்கும் 50 இதுதான். ஆனால் இது கிடைக்க வேண்டுமென்றால் பேட்டரியின் முழு வோல்ட்டும் ஸ்பீக்கருக்குக் குறுக்கே ஒரு கணம் இந்தத் திசை, மறுகணம் அந்தத் திசை என்று இடைவிடாமல் சதுர அலையாகப் பாய வேண்டும். எந்தப் பாட்டும் அப்படி இருக்காது, இருந்தால் காதால் கேட்க முடியாது. சுத்தமான அலையாக ஏறி இறங்கும் ஒலிக்குச் சராசரி அதில் சரிபாதி, 26 வாட். உள்ளே இருக்கும் ஆம்ப்ளிபயர் ஐசி (சில்லு) தன் பங்குக்குக் கொஞ்சம் வோல்ட்டை விழுங்கியது போக ஒரு ஸ்பீக்கருக்குத் தெளிவாகக் கிடைப்பது 20 வாட்டுக்கு முன்னே பின்னே. வண்டியை அணைத்துவிட்டு வெறும் பேட்டரியில் பாட்டு கேட்டால் 12.6 வோல்ட்தான், இன்னும் குறையும்.

சந்தேகம் இருந்தால் செட்டின் பின்னால் சொருகியிருக்கும் பியூஸைப் பாருங்கள். பெரும்பாலும் 10 ஆம்பியர் இருக்கும். பத்தை 14.4-ஆல் பெருக்கினால் 144 வாட். மொத்தமாக உள்ளே போவதே 144 வாட் என்றால் நாலு ஐம்பது இருநூறு வாட் எப்படி வெளியே வரும்? உள்ளே போவதிலும் கணிசமான பங்கு சூடாகத்தான் போகிறது, அதற்காகத்தான் செட்டின் முதுகில் அலுமினியத் தகடு வைத்திருக்கிறார்கள். மே மாத வெயிலில் நிறுத்திய வண்டியின் டேஷ்போர்டு எப்படிக் கொதிக்கும் என்று நமக்குத் தெரியும். அந்தத் தகட்டைச் சுற்றி ஒயர் கட்டையும் பஞ்சையும் அடைத்து வைத்தால் செட் அடிக்கடி தானாகவே அணைந்துபோகும்.

சரி, 20 வாட் போதுமா? தாராளமாகப் போதும். காரின் சின்ன இடத்துக்கு 20 வாட் காது வலிக்கும் அளவு சத்தம். வாட்டை இரண்டு மடங்காக்கினாலும் சத்தம் கூடுவது 3 டெசிபல் மட்டுமே, காதுக்கு அது 'கொஞ்சம் கூடியிருக்கிறது' என்ற அளவில்தான் தெரியும். அதே 3 டெசிபல், 88 டெசிபல் திறன் (அதே வாட்டுக்கு எவ்வளவு சத்தம் தரும் என்ற அளவு) உள்ள ஸ்பீக்கருக்குப் பதில் 91 டெசிபல் திறன் உள்ள ஸ்பீக்கர் போட்டாலே வந்துவிடும். அதனால் செட்டுக்குக் கொடுக்கும் பணத்தில் ஒரு பகுதியை முன்கதவு ஸ்பீக்கருக்கு ஒதுக்குங்கள் என்றுதான் நான் எல்லாரிடமும் சொல்வேன். நிஜமாகவே அதிக வாட் வேண்டும் என்றால் வெளி ஆம்ப் வேண்டும். அதற்குள் 12 வோல்ட்டை உயர்த்திக் கொடுக்கும் தனி மின்சுற்று இருக்கிறது, பேட்டரியிலிருந்து தடிமனான ஒயர் நேராக இழுப்பதும் அதற்காகத்தான்.

அடுத்தது ஸ்பீக்கர் ஒயர். பழைய கால ரேடியோவில் ஸ்பீக்கரின் ஒரு முனையை வண்டி பாடியில் எர்த் செய்துவிடுவார்கள், மறுமுனைக்கு மட்டும் ஒயர். அந்த முறையில் 14 வோல்ட்டில் பாதிதான் ஸ்பீக்கருக்குக் கிடைக்கும், வாட் கால்வாசியாகிவிடும். இப்போதைய செட்டில் ஒவ்வொரு ஸ்பீக்கருக்கும் இரண்டு ஆம்ப் இருக்கிறது, ஒவ்வொரு முனைக்கும் ஒன்று. பாட்டு இல்லாதபோது இரண்டு முனையும் ஏறக்குறைய 7 வோல்ட்டில் நிற்கும். பாட்டு வந்ததும் சீசா பலகை மாதிரி ஒரு முனை மேலே போகும்போது மறுமுனை கீழே போகும், இரண்டுக்கும் நடுவே முழு வோல்ட்டும் கிடைக்கும். இதனால்தான் ஸ்பீக்கரின் மைனஸ் ஒயரை எர்த்தில் சேர்க்கவே கூடாது. பெயர்தான் மைனஸ், அதிலும் 7 வோல்ட் இருக்கிறது. பாடியில் தொட்டால் ஷார்ட். நல்ல ஐசி தன்னைக் காப்பாற்றிக்கொண்டு அணைந்துவிடும், மலிவு ஐசி அங்கேயே போய்ச் சேரும். கதவு ரப்பர் குழாய்க்குள் தோல் உரிந்த ஸ்பீக்கர் ஒயர் இருந்தாலும் இதே கதைதான். புது செட் மாட்டியும் சத்தம் விட்டு விட்டு வந்தால் கதவைத் திறந்து மூடிப் பாருங்கள்.

செட்டுக்கு வரும் சப்ளை இரண்டு. மஞ்சள் ஒயர் சாவி இருந்தாலும் இல்லாவிட்டாலும் உயிரோடு இருக்கும் டைரக்ட் லைன். கடிகாரமும், நாம் சேமித்து வைத்த ஸ்டேஷன்களும் அதில்தான் உயிர் வாழ்கின்றன, பெரிய கரண்டும் அது வழியாகவே வருகிறது. சிவப்பு ஒயர் சாவி திருப்பினால் மட்டும் வரும் லைன், 'இப்போது எழுந்திரு' என்று செட்டுக்குச் சொல்வது மட்டும்தான் அதன் வேலை. இரண்டையும் சாவி லைனில் சேர்த்தால் ஒவ்வொரு முறை வண்டியை நிறுத்தும்போதும் செட் எல்லாவற்றையும் மறந்துவிடும். இரண்டையும் டைரக்டில் சேர்த்தால் செட் தூங்கவே தூங்காது. 200 மில்லி ஆம்பியர் கசிந்தால்கூட, சின்ன காரின் 35 ஆம்பியர்-மணி பேட்டரி ஒரு வாரத்தில் காலி. ஆண்ட்ராய்டு செட் மாட்டிய பிறகு காலையில் வண்டி கிளம்பவில்லை என்ற புகாரில் முதலில் பார்க்க வேண்டிய இடம் இதுதான்.

இந்த மஞ்சள், சிவப்பு, எர்த்துக்கான கறுப்பு எல்லாம் புது செட்டில் இருக்கும் நிறங்கள். வண்டிப் பக்கம் வரும் ஒயர்களுக்கு ஒவ்வொரு கம்பெனியும் தன் இஷ்டத்துக்கு நிறம் வைத்திருக்கிறது. நிறத்தை நம்பி இணைக்காதீர்கள், மல்டிமீட்டரை நம்புங்கள். வீட்டு வாசலிலேயே செய்யலாம். கறுப்பு முனையை டேஷ்போர்டுக்குள் தெரியும் பெயிண்ட் இல்லாத இரும்பில் வைத்து, சிவப்பு முனையை வண்டிப் பக்கத்து ஒயர்கள் வந்து சேரும் பிளாஸ்டிக் சொருகியான கப்ளரின் ஒவ்வொரு பின்னாகத் தொட்டுக்கொண்டே வாருங்கள். சாவி இல்லாமலே 12.6 காட்டுவது டைரக்ட். சாவியைத் திருப்பினால் மட்டும் உயிர் பெறுவது சாவி லைன். ஹெட்லைட் போட்டால் மட்டும் வருவது பட்டன் வெளிச்சத்துக்கான லைன். ஸ்பீக்கர் ஜோடிகளை ஓம் அளவில் வைத்துப் பார்த்தால் மூன்றரைக்குப் பக்கத்தில் காட்டும். எந்த ஜோடி எந்தக் கதவு என்று தெரிய, ரிமோட்டில் போடும் சின்ன 1.5 வோல்ட் பேட்டரியை அந்த ஜோடியில் ஒரு கணம் தொட்டு எடுங்கள். அந்தக் கதவில் 'டப்' என்று கேட்கும். வலை மூடியைக் கழற்றிப் பார்த்தால் ஸ்பீக்கரின் காகிதக் கூம்பு வெளியே குதிக்கும் அல்லது உள்ளே போகும். வெளியே வந்தால் பேட்டரியின் பிளஸ் தொட்ட ஒயர்தான் ஸ்பீக்கரின் பிளஸ்.

இது ஏன் முக்கியம் என்றால், இடது ஸ்பீக்கர் வெளியே தள்ளும்போது வலது ஸ்பீக்கர் உள்ளே இழுத்தால் பாஸ், அதாவது அடித்தொனி, காணாமல் போய்விடும். 60 ஹெர்ட்ஸ் ஒலியின் அலைநீளம் ஐந்தரை மீட்டருக்கும் மேல், காரின் அகலமோ இரண்டு மீட்டர்கூட இல்லை. இவ்வளவு சின்ன இடத்தில் ஒன்று தள்ளிய காற்றை மற்றது உறிஞ்சிக்கொண்டால் மிஞ்சுவது ஒன்றுமில்லை. தவில், பறை எல்லாம் தகர டப்பா மாதிரி கேட்கும். செட் மட்டம் என்று நினைத்து இன்னொரு செட் வாங்குகிறவர்கள் இருக்கிறார்கள், அவர்கள் இரண்டு ஒயரை இடம் மாற்றியிருந்தாலே போதும்.

இணைக்கும் முறையில் எனக்கு உறுதியான கருத்து உண்டு. வடசென்னையில் மூலக்கடைப் பக்கமோ வண்ணாரப்பேட்டைப் பக்கமோ போனால் "அண்ணே, கட் பண்ணி நேரா ஜாயின்ட் அடிச்சிடலாம், அஞ்சு நிமிஷ வேலை" என்பார்கள். ஒத்துக்கொள்ளாதீர்கள். உங்கள் வண்டி மாடலுக்குப் பொருந்தும் கன்வெர்ட்டர் கப்ளர் சில நூறு ரூபாய்க்குக் கிடைக்கிறது. ஒரு பக்கம் வண்டியின் கப்ளரில் மாட்டும், மறுபக்கம் புது செட்டின் ஒயர்களோடு சேரும், கம்பெனி ஒயர் ஒன்றைக்கூட வெட்ட வேண்டாம். நம்ம பக்கத்துக்கு இது இன்னும் அவசியம். காசிமேட்டிலிருந்து எண்ணூர் வரை கடல் காற்று வண்டிக்குள் புகுந்து வேலை செய்கிறது. முறுக்கி டேப் சுற்றிய செம்பு ஒயரை இரண்டு வருஷம் கழித்துப் பிரித்தால் பச்சை பூத்திருக்கும், டேப் கோந்து ஒழுகிக் கையில் ஒட்டும். அந்தப் பச்சை ஒரு மின்தடை. அது வெறும் 0.1 ஓம் என்று வைத்துக்கொண்டால்கூட, பாஸ் அடிக்கும் நேரத்தில் 10 ஆம்பியர் ஓடும்போது ஒரு வோல்ட் அங்கேயே போய்விடும். 14.4 என்பது 13.4 ஆனால் வாட்டில் 13 சதவீதம் குறையும், அந்த இடமும் சூடாகும். அதனால் சால்டர் வைத்து, அதன் மேல் சூடுபட்டால் சுருங்கும் குழாயைப் போடுங்கள், அல்லது சரியான கருவியால் நசுக்கி இணையுங்கள்.

எர்த் ஒயரைப் பற்றி ஒரு விசித்திரமான விஷயம் இருக்கிறது. கறுப்பு ஒயரை இணைக்காமலே விட்டாலும் பல செட்டுகள் பாடும். ஏனென்றால் ஏரியல் ஒயரின் வெளிப்பின்னல் வண்டிக் கூரையில் எர்த் ஆகியிருக்கிறது, கரண்ட் அந்த வழியாகத் திரும்பிப் போய்விடும். பாடுகிறதே என்று விட்டுவிட்டால் ஏரியல் சிக்னலோடு மொத்த கரண்டும் கலந்து இரைச்சலாகக் கேட்கும். ஆக்ஸிலரேட்டர் மிதிக்க மிதிக்க 'ஙொய்ங்' என்று ஏறி இறங்கும் சத்தமும் பெரும்பாலும் இப்படிப்பட்ட எர்த் கோளாறுதான். அந்தச் சத்தம் ஆல்டர்னேட்டருடையது. அதில் வழக்கமாக ஆறு ஜோடி காந்த முனைகள், வருவது மும்முனை மின்சாரம். அதை டயோடுகள் நேர்மின்சாரமாக்கும்போது ஒரு சுற்றுக்கு 36 சின்ன மேடுகள் மிஞ்சும். இன்ஜின் 800 ஆர்பிஎம்மில் இருந்தால் ஆல்டர்னேட்டர் இரண்டரை மடங்கு வேகத்தில், அதாவது நொடிக்கு 33 சுற்று. பெருக்கிப் பாருங்கள், 1200 ஹெர்ட்ஸ், காதுக்கு நன்றாகக் கேட்கும் விசில் சுருதி. இன்ஜின் வேகம் ஏறினால் சுருதியும் ஏறும். இரைச்சலை வடிகட்டும் பில்டர் வாங்குவதற்கு முன்னால் எர்த்தை உப்புத்தாள் போட்டுத் தேய்த்த இரும்பில் இறுக்கமாக முடுக்கிப் பாருங்கள்.

அளவுக் கணக்கு எளிது. ஒற்றை டின் செட்டின் முகம் 180 மில்லிமீட்டர் அகலம், 50 உயரம். டபுள் டின் 180-க்கு 100. ஜெர்மானியத் தர நிர்ணயமாகத் தொடங்கி உலகம் முழுக்கப் பரவிய அளவு இது. டொயோட்டா பல வண்டிகளில் 200 மில்லிமீட்டர் அகலம் வைத்திருக்கிறது. இடைவெளியை அடைக்க மாடலுக்கு ஏற்ற பிரேம் வாங்க வேண்டும். ஸ்டீயரிங் பட்டன்கள் பல வண்டிகளில் ஒரே ஒயரில்தான் வருகின்றன, ஒவ்வொரு பட்டனுக்கும் ஒரு தனி மின்தடை. செட் அந்த ஒயரின் வோல்ட்டை அளந்து எது அமுக்கப்பட்டது என்று கண்டுபிடிக்கும், அதனால் புது செட்டுக்கு ஒருமுறை சொல்லிக் கொடுத்தால் போதும். புது மாடல்களில் இதெல்லாம் டிஜிட்டல் செய்தியாக, வண்டிக்குள் இருக்கும் பொதுத் தகவல் லைனான கேன் பஸ் வழியே வருகிறது, அதற்குத் தனிப் பெட்டி தேவை. ஏசி கட்டுப்பாடும் வண்டி அமைப்புகளும் அதே திரையில் இருக்கும் வண்டி என்றால் கம்பெனி செட்டைத் தொடாமல் ஸ்பீக்கரை மட்டும் மாற்றுவதே புத்திசாலித்தனம்.

பேனலைக் கழற்றுவதற்கு முன் பேட்டரியின் மைனஸை எடுத்துவிடுங்கள். முதலில் பிளஸைக் கழற்றப் போய் ஸ்பேனர் பாடியில் பட்டால் தீப்பொறிதான். மைனஸை எடுத்துவிட்டால் அதன்பின் பிளஸ் பாடியில் பட்டாலும் சுற்று முழுமையாகாது. சோதிக்கும்போது மட்டும் மாட்டிக்கொள்ளலாம். மஞ்சள் உறை போட்ட ஒயர்க் கட்டு, மஞ்சள் கப்ளர் கண்ணில் பட்டால் அது ஏர்பேக். மல்டிமீட்டர் முனைகூட அதில் படக் கூடாது.

கடைசியாக ஏரியல். ரேடியோ கேட்க யாரும் இல்லை என்பார்கள். துறைமுகத்துக்குப் போகும் கன்டெய்னர் லாரிகளுக்குப் பின்னால் எண்ணூர் நெடுஞ்சாலையில் நின்றவர்களுக்கு எஃப்எம் எவ்வளவு பெரிய துணை என்று தெரியும். 101.4 மெகாஹெர்ட்ஸ் ரெயின்போவின் அலைநீளம் கிட்டத்தட்ட 3 மீட்டர். அதில் கால்வாசி, அதாவது 74 சென்டிமீட்டர் கம்பி இருந்தால் சிக்னல் அருமையாகப் பிடிக்கும், பழைய கார்களின் நீள ஏரியல் அந்தக் கணக்குதான். இப்போதைய குட்டை ஏரியலின் அடியில் குட்டி ஆம்ப் ஒன்று இருக்கலாம், அதற்கு 12 வோல்ட் வேண்டும். புது செட்டின் நீல ஒயர் அதற்குத்தான், இணைக்காமல் விட்டால் ஸ்டேஷன்கள் ஒவ்வொன்றாக மங்கும். இன்னொன்று, செட் அமெரிக்க முறையில் அமைக்கப்பட்டிருந்தால் டியூனர் 0.2 மெகாஹெர்ட்ஸ் தாண்டித் தாண்டிப் போகும், ஒற்றைப்படை தசமங்களில் மட்டுமே நிற்கும். 98.3 வரும், 93.5 வரும், 101.4-ம் 106.4-ம் வராது. ஏரியலைக் குறை சொல்லாமல் செட்டிங்ஸில் ரீஜனை மாற்றுங்கள். ஜப்பானிலிருந்து வந்த பழைய செட் என்றால் அவர்கள் அலைவரிசையே 76-இல் தொடங்குகிறது. அந்த மாதிரி செட்டில் 90-க்கு மேல் எதுவும் வராமல் போகலாம், வாங்கும் முன்பே பார்த்துவிடுங்கள்.

பேனல் கிளிப்புகளை அமுக்குவதற்கு முன்னால் செட்டைத் தொங்கவிட்டபடியே ஒவ்வொரு ஸ்பீக்கராகத் தனித்தனியே ஓடவிட்டுப் பாருங்கள். ஹெட்லைட்டைப் போடுங்கள், ஏசி புளோயரை முழு வேகத்தில் வையுங்கள், இன்ஜினை ஓடவிட்டு ஆக்ஸிலரேட்டரை மிதியுங்கள். பிறகு சாவியை எடுத்துவிட்டு ஐந்து நிமிஷம் கழித்துத் திரும்பப் போடுங்கள். ஸ்டேஷன்கள் அப்படியே இருந்து, விசிலும் இல்லாமல் இருந்தால் கிளிப்பை அமுக்கிவிடலாம்.